ஹஃபீத் தர்ராஜியும் அல்ஜீரிய வர்ணனையும் – கடிதம்

அன்புள்ள ஆசிரியருக்கு,

தோஹாவில் ஒரு கட்டுமான நிறுவனத்தில் வேலை பார்க்கிறேன். எங்கள் குடியிருப்பில் அல்ஜீரியர்கள் சிலர் இருக்கிறார்கள். 2019 ஆப்பிரிக்கக் கோப்பை அரையிறுதியில் ரியாத் மஹ்ரெஸ் அடித்த ஃப்ரீ கிக்கை இன்றும் ஃபோனில் போட்டுக் கேட்கிறார்கள். படத்தைக்கூடப் பார்ப்பதில்லை, குரலைத்தான் கேட்கிறார்கள், கண் கலங்குகிறது. அது ஹஃபீத் தர்ராஜியின் குரல் என்றார்கள். யார் அவர்? அரபு வர்ணனையாளர்கள் ஏன் இப்படி இடைவெளியே விடாமல் பேசுகிறார்கள்?

இன்னொரு கேள்வி எனக்காக. இங்கே தமிழர்கள் நடத்தும் செவன்ஸ் (அணிக்கு ஏழு பேர் ஆடும் கால்பந்து) போட்டிக்கு மைக் பிடித்தேன். இரண்டாவது ஆட்டத்திலேயே தொண்டை கட்டிவிட்டது. பெயர்களும் மாறிப்போயின. இதற்கென்று பயிற்சி ஏதும் உண்டா?

எம்.

அன்புள்ள எம்.,

நீங்கள் சொல்லும் ஆட்டம் 2019 ஜூலை 14 அன்று கெய்ரோவில் நடந்தது. நைஜீரியாவுக்கு எதிராக 1-1. தொண்ணூறு நிமிடம் முடிந்து ஐந்தாவது நிமிடம் ஓடிக்கொண்டிருக்கிறது. பெனால்டிப் பகுதிக்குச் சற்று வெளியே ஃப்ரீ கிக். மஹ்ரெஸ் பந்தின் முன்னால் நிற்கிறார். அதுவரை செவ்வியல் அரபியில் போய்க்கொண்டிருந்த வர்ணனை அந்த இடத்தில் அல்ஜியர்ஸ் தெருப்பேச்சுக்கு இறங்குகிறது. "கோலில் போடு, ரியாத்" என்று பக்கத்தில் நிற்பவனிடம் சொல்வதுபோல் சொல்கிறார் தர்ராஜி. மஹ்ரெஸ் போட்டுவிட்டார். உங்கள் நண்பர்கள் அந்த கோலுக்காக மட்டும் கலங்குவதில்லை என்றே நினைக்கிறேன். இருபதுக்கு மேற்பட்ட நாடுகள் கேட்டுக்கொண்டிருந்த ஒலிபரப்பில், சில நொடிகள், ஒருவர் அவர்கள் வீட்டு மொழியில் அவர்களுக்காக மட்டும் பேசினார்.

அந்தச் சில நொடிகளின் எடை புரிய, அவர் எங்கிருந்து வந்தார் என்று பார்க்க வேண்டும்.

தர்ராஜி 1964இல் அல்ஜியர்ஸில் பிறந்தவர். கால்பந்து ஆடியவர். 1980களின் இறுதியில் அரசுத் தொலைக்காட்சியில் சேர்ந்தார். பிரெஞ்சுக்காரர்கள் விட்டுச்சென்ற வானொலி-தொலைக்காட்சி நிலையத்தை அல்ஜீரியர்கள் கைப்பற்றியது 1962 அக்டோபர் 28 அன்று; அந்த நாளை இன்றும் அங்கே நினைவுகூர்கிறார்கள். 1986இல் வானொலியும் தொலைக்காட்சியும் தனித்தனி நிறுவனங்களாகப் பிரிந்தன. தர்ராஜி நுழைந்தபோது நாட்டுக்கு ஒரே தொலைக்காட்சிதான். நாடு முழுவதும் ஒரு ஆட்டத்தை ஒரே குரலில் கேட்டது. அந்தக் குரலுக்கு மாற்று கிடையாது.

அங்கே கால்பந்துக்கு விளையாட்டுக்கு மேற்பட்ட ஓர் இடம் உண்டு. விடுதலைப் போர் நடந்துகொண்டிருந்த 1958 ஏப்ரலில், பிரெஞ்சுக் கழகங்களில் ஆடிவந்த அல்ஜீரிய வீரர்கள் ரகசியமாக நாட்டைவிட்டு வெளியேறி, தூனிசியத் தலைநகர் தூனிஸில், போரை நடத்திய தேசிய விடுதலை முன்னணியின் பெயரில் அணி அமைத்தார்கள். ரஷீத் மெக்லூஃபி, முஸ்தஃபா ஸிதூனி இருவரும் அந்த ஆண்டு உலகக் கோப்பைக்கு பிரான்ஸ் அணியில் எதிர்பார்க்கப்பட்டவர்கள். அதையும் விட்டுவிட்டுத்தான் போனார்கள். பிறகு 1982 உலகக் கோப்பை, ஜூன் 16, ஸ்பெயினின் ஹிஹோன் நகரம்: மேற்கு ஜெர்மனியை 2-1 என வென்றார்கள். மாஜர் அடித்தார், ரும்மெனிகே சமன் செய்தார், அடுத்த நிமிடமே பெல்லூமி அடித்தார். ஒன்பது நாள் கழித்து அதே மைதானத்தில் மேற்கு ஜெர்மனியும் ஆஸ்திரியாவும் ஆடின. ஜெர்மனி 1-0 என வென்றால் இரு அணிகளுமே அடுத்த சுற்றுக்குப் போகலாம், அல்ஜீரியா வெளியேறும். பத்தாவது நிமிடத்தில் ஜெர்மனி ஒரு கோல் அடித்தது. அதன்பின் இரண்டு அணிகளும் பந்தைத் தமக்குள் தட்டிக்கொண்டே நேரத்தைக் கடத்தின. அன்று ஆஸ்திரியத் தொலைக்காட்சியின் வர்ணனையாளர் ராபர்ட் ஸீகர், தொலைக்காட்சியை அணைத்துவிடுங்கள் என்று நேயர்களிடம் சொன்னார். தன் நாட்டுக்குச் சாதகமான முடிவு வந்துகொண்டிருக்கும்போது அப்படிச் சொல்ல எவ்வளவு நேர்மை வேண்டும்! வர்ணனையில் ஆர்வம் உள்ள எவரும் அந்த நாளை அறிந்திருக்க வேண்டும். ஒரு பிரிவின் கடைசி இரண்டு ஆட்டங்களும் ஒரே நேரத்தில் தொடங்க வேண்டும் என்ற விதி அதன் விளைவாக வந்ததுதான்.

தர்ராஜியின் தலைமுறை தொழில் கற்ற காலம் இன்னும் கடுமையானது. 1990 மார்ச்சில் அல்ஜியர்ஸின் ஜூலை 5 மைதானத்தில் நைஜீரியாவை 1-0 என வென்று அல்ஜீரியா முதல் முறை ஆப்பிரிக்கக் கோப்பையை எடுத்தது. இரண்டே ஆண்டில் நாடு உள்நாட்டுப் போருக்குள் போனது. 1992 ஜூன் 29 அன்று நாட்டின் தலைவர் முஹம்மத் பூதியாஃப், கேமரா ஓடிக்கொண்டிருந்த கூட்டத்திலேயே சுட்டுக்கொல்லப்பட்டார். நாற்பது நாள் கழித்து, ஆகஸ்ட் 8 அன்று, ஹஸீபா பூல்மெர்கா பார்சிலோனாவில் 1500 மீட்டர் ஓடி அல்ஜீரியாவின் முதல் ஒலிம்பிக் தங்கத்தை வென்றார். அரைக்கால் சட்டை அணிந்து ஓடியதற்காகக் கொலை மிரட்டல் பெற்றவர் அவர். இரண்டுமே ஒரே அரசுத் தொலைக்காட்சியின் திரையில் வந்தன. அந்தப் பத்தாண்டில் ஐம்பதுக்கும் மேற்பட்ட பத்திரிகையாளர்கள் கொல்லப்பட்டார்கள். முகமும் குரலும் தெரிந்தவர்கள் வேலைக்குப் போய்த் திரும்புவதே ஆபத்தாக இருந்தது. அந்தக் காலத்தில் தொலைக்காட்சியில் விளையாட்டைச் சொல்லிக்கொண்டிருந்தவர்கள்மேல் எனக்குப் பெரிய மரியாதை உண்டு. நாடு முழுவதும் சேர்ந்து மகிழ்வதற்கு அன்று வேறு அதிகம் இருக்கவில்லை.

தர்ராஜி அங்கே விளையாட்டுப் பிரிவின் பொறுப்புவரை உயர்ந்தார். 2008இல் கத்தாருக்கு, அல் ஜஸீரா ஸ்போர்ட்டுக்கு வந்தார். 2003 நவம்பரில் தொடங்கிய அந்த அலைவரிசைதான் 2014 ஜனவரி 1 முதல் பீஇன் ஸ்போர்ட்ஸ். கூடவே பத்திரிகைகளில் பத்தியும் எழுதுகிறார். அரசியலை ஒளிக்காமல் எழுதுபவர் என்பதால் அவரைப் பிடிக்காதவர்களும் நிறைய.

தோஹாவுக்கு வந்ததும் வேலையின் இயல்பே மாறிவிடுகிறது. அல்ஜியர்ஸில் அவர் "நாம்" என்று சொல்லலாம். தோஹாவில் மொராக்கோவிலிருந்து ஓமான்வரை கேட்கிறார்கள்; எகிப்தும் அல்ஜீரியாவும் மோதும் ஆட்டத்தில் "நாம்" என்றால் பாதிப்பேர் எதிரியாகிவிடுவார்கள். தூனிசியாவின் இஸாம் ஷவாலி, ரஊஃப் குலைஃப், ஓமானின் கலீல் அல் பலூஷி, எகிப்தின் அலி முஹம்மத் அலி என்று ஒவ்வொருவரும் தத்தம் நாட்டு வாசனையோடுதான் வந்தார்கள். எல்லோரையும் ஒரே ஒலிபரப்பில் சேர்த்துவைப்பது செவ்வியல் அரபி. ஆகவே ஊர்ப்பேச்சை அளந்துதான் செலவழிக்க முடியும். மஹ்ரெஸிடம் சொன்ன அந்த வாக்கியத்தை ஆட்டம் முழுக்கச் சொல்லியிருந்தால், தொண்ணூற்றைந்தாவது நிமிடத்தில் அதற்கு எந்த வலுவும் இருந்திருக்காது.

ஏன் மூச்சுவிடாமல் பேசுகிறார்கள் என்று கேட்டிருந்தீர்கள். ஆங்கில ஒலிபரப்பில் பெரும்பாலும் இருவர் இருப்பார்கள்: ஒருவர் ஆட்டத்தைச் சொல்வார், முன்னாள் வீரர் ஒருவர் விளக்குவார். முன்னவருக்கு ஓய்வு கிடைக்கும். அரபு வழக்கத்தில் பெரும்பாலும் வர்ணனையாளர் தனி ஆள். நிபுணர்கள் ஸ்டூடியோவில் இருப்பார்கள், இடைவேளையில்தான் வருவார்கள். தொண்ணூறு நிமிடம், சில நாள் நூற்றிருபது நிமிடமும் பெனால்டிகளும் ஒரே தொண்டைதான். ஆட்டம் தொய்யும்போது கைமாற்ற ஆள் இல்லை. அதனால் கவிதை வரி, பழமொழி, வீரரின் ஊர், பழைய ஆட்டம் எல்லாம் உள்ளே வருகின்றன. சிலர் அதை அளவு மீறிச் செய்கிறார்கள் என்பதும் உண்மைதான். பந்து பெட்டிக்குள் போய்விட்ட பிறகும் கதையை முடிக்காதவர்களை எனக்குப் பிடிப்பதில்லை.

இப்போது வேலைக்கு வருவோம். இருபது நொடிக் காட்சியாகப் பரவுவதற்குப் பின்னால் ஒரு தாள் இருக்கிறது. ஏ3 அளவுத் தாளில் இரு அணிகளையும், மைதானத்தில் நிற்கும் அமைப்பிலேயே எழுதிக்கொள்வார்கள்: எண், பெயர், வயது, கழகம், எத்தனை சர்வதேச ஆட்டம், எத்தனை கோல். மாற்று வீரர்கள் அடியில், நடுவரும் பயிற்சியாளர்களும் ஓரத்தில். அணிப் பட்டியல் கைக்கு வருவது ஆட்டத்துக்கு ஏறத்தாழ ஒரு மணி நேரம் முன்புதான். அதனால் முதல் நாளே எல்லா வீரர்களுக்கும் குறிப்பு எழுதி வைத்திருக்க வேண்டும். கடைசி ஒரு மணி நேரம் இடம் மாற்றி ஒட்டுவதற்கு மட்டுமே போதும். எழுதியதில் பெரும்பகுதி அன்று பயன்படாது. பயன்படாததைத் திணிக்கத் தொடங்கினால் அந்த வர்ணனை கெட்டது.

அல்ஜீரிய அணியில் கூடுதலாக ஒரு சிக்கல். வீரர்களில் பலர் பிரான்ஸில் பிறந்தவர்கள். சட்டை முதுகில் இருப்பது பிரெஞ்சு எழுத்துக்கூட்டல். அதை அப்படியே படித்தால் அரபு நேயருக்கு அந்நியமாகத் தெரியும். அரபு வடிவத்தை மிகையாகத் திருத்தினால் அந்த வீரரின் குடும்பத்துக்கே விளங்காது. அணியின் ஊடகப் பொறுப்பாளரிடமோ வீரரிடமோ கேட்டு உறுதிசெய்வதே சரியான வழி.

எல்லா ஆட்டத்துக்கும் மைதானத்துக்குப் போவதில்லை. ஐரோப்பிய லீக் ஆட்டங்கள் பலவற்றுக்கு தோஹா ஸ்டூடியோவில் மானிட்டர் முன்னால் உட்கார்ந்துதான் பேசுகிறார்கள். கேமரா காட்டுவதுதான் கண்ணுக்குத் தெரியும்: துணை நடுவரின் கொடி, ஓரத்தில் உடல் சூடேற்றும் மாற்று வீரர், பந்து இல்லாத இடத்தில் நடக்கும் தள்ளுமுள்ளு எதுவும் தெரியாது. திரையில் கொடியைப் பார்க்காமல் ஆஃப்சைடு என்று சொல்லிவிட்டால் அடுத்த நொடியே மாட்டிக்கொள்வார். படம் ஏறத்தாழ 36,000 கிலோமீட்டர் உயரச் செயற்கைக்கோள் ஏறி இறங்கவே கால் நொடி ஆகும். சுருக்கி விரிக்கும் கருவிகள் இன்னும் சில நொடி சேர்க்கும். இணையத்தில் பார்ப்பவருக்கு அரை நிமிடம்வரை தாமதமாகலாம். உங்கள் குடியிருப்பில் பக்கத்து அறை முன்பே கத்துவது இதனால்தான்.

காதில் ஹெட்செட். ஒரு பக்கம் மைதான ஒலியும் தன் குரலும், மறு பக்கம் தயாரிப்பாளரின் கட்டளை. பேசிக்கொண்டே அதைக் கேட்கப் பழக வேண்டும். மேசையில் இருமல் பொத்தான் ஒன்று இருக்கும். அழுத்தியிருக்கும்வரை மைக் மௌனமாகும்.

இந்த ஹெட்செட்டில்தான் உங்கள் தொண்டைக்கும் விடை இருக்கிறது. செவன்ஸ் மைதானத்தில் ஒலிபெருக்கி கூட்டத்தைப் பார்த்திருக்கும், உங்கள் குரல் உங்களுக்கே கேட்காது. தன் குரல் கேட்காதபோது மனிதர் தானாகவே உரக்கப் பேசுவார், தனக்குத் தெரியாமலே. மிக்ஸரிலிருந்து ஒரு ஹெட்ஃபோன் இழுத்து ஒரு காதிலாவது உங்கள் குரலைக் கேளுங்கள். மைக் வாயிலிருந்து இரண்டு மூன்று விரல் தள்ளி, நேர் எதிரே வைக்காமல் சற்றுச் சாய்த்து இருக்கட்டும். அப்போது 'ப' ஒலி வெடிக்காது. ஒலிபெருக்கி உங்களுக்கு முன்னால் இருக்கட்டும், பின்னால் வைத்தால் ஊளையிடும். சாதாரணப் பேச்சைத் தாழ்ந்த சுருதியில் வைத்துக்கொள்ளுங்கள். பந்து நடுக்கோட்டில் இருக்கும்போதே உச்சத்தில் இருந்தால் கோலுக்கு ஏற இடம் இருக்காது; அங்கேதான் தொண்டை கிழியும். கத்துவதற்கு முன் வயிறுவரை மூச்சு இழுங்கள். தொடங்கும்முன் ஐந்து நிமிடம் உதடுகளை அதிரவிட்டு ஊதிப் பழகுங்கள். வெதுவெதுப்பான நீரை மடக்கு மடக்காகக் குடியுங்கள். தொண்டையைச் செருமாதீர்கள், ஒரு வாய் நீர் விழுங்குங்கள்.

பெயர் மாறுவதற்குக் காரணம் எண்ணை நம்புவது. செவன்ஸில் ஆள் மாறிக்கொண்டே இருப்பார்கள், முதுகு எப்போதும் தெரியாது. அணிகள் உடல் சூடேற்றும்போதே பூட்ஸ் நிறம், முடி, ஓடும் விதம், எந்தக் கால் என்று குறித்துக்கொள்ளுங்கள். பந்து காலில் வந்து சேரும் கணத்தில் பெயரைச் சொல்லுங்கள். சந்தேகம் என்றால் அரை நொடி தாமதியுங்கள். தவறான பெயரைவிட அது எவ்வளவோ மேல்.

பயிற்சிக்கு, ஒரு முழு ஆட்டத்தின் ஒலியை நிறுத்திவிட்டுப் பத்து நிமிடம் பேசிப் பதிவுசெய்யுங்கள். மறுநாள் கேட்டு, திரும்பத் திரும்ப வரும் சொற்களைத் தாளில் கோடு போட்டு எண்ணுங்கள். அவை குறைந்த பிறகு இருபது நிமிடம், அப்புறம் ஒரு பாதி. பேசியதைப் போலவே பேசாமல் விட்ட இடங்களையும் குறியுங்கள். கூட்டத்தின் சத்தம் தானே பேசும் நேரம் உண்டு.

பழகிக்கொள்ள மஹ்ரெஸின் ஃப்ரீ கிக்கை எடுக்காதீர்கள், அது யாரையும் தூக்கிவிடும். ஐந்து நாள் கழித்து செனகலுடன் நடந்த இறுதியை எடுங்கள். பூனஜா உதைத்த பந்து தடுப்பாட்டக்காரர் மேல் பட்டு எழும்பி இரண்டாவது நிமிடத்திலேயே கோலானது. வர்ணனையாளர் இருக்கையில் சரியாக உட்கார்வதற்குள் வருடத்தின் மிகப்பெரிய கணம் முடிந்துவிட்டது. மீதி ஆட்டம் முழுக்க அல்ஜீரியா தற்காத்துக்கொண்டே இருந்தது. நடுவில் செனகலுக்கு ஒரு பெனால்டி கொடுக்கப்பட்டு, வீடியோ பார்த்துத் திரும்பப் பெறப்பட்டது. அந்தத் தொண்ணூறு நிமிடத்தை இரண்டாவது கோல் வரப்போகிறது என்று பொய்யாகக் கத்தாமல் சொல்ல முடிகிறதா பாருங்கள். அடுத்து 2022 மார்ச் 29, அல்ஜீரியாவின் பிலீதா நகரம், கேமரூனுடன் உலகக் கோப்பைத் தகுதி ஆட்டம். 118ஆம் நிமிடம் துபாவின் கோலில் அல்ஜீரியா உள்ளே. கூடுதல் நேரமும் கடந்து நான்காவது நிமிடத்தில் எகாம்பியின் கோலில் வெளியே. முதலாவதில் குரலை முழுக்கச் செலவழித்துவிட்டால் இரண்டாவதற்குச் சொல் கிடைக்காது. அந்த ஆறேழு நிமிடத்தை மட்டும் தனியாக வெட்டி வைத்துக்கொண்டு, ஒலியை நிறுத்திப் பலமுறை பேசிப் பாருங்கள். பதிவுகளை அனுப்பினால் கேட்டுச் சொல்கிறேன்.