சீனப் பெயரில் எது குடும்பப்பெயர், எது இடுபெயர்?

கேள்வி: திருப்பூரில் பின்னலாடை இயந்திரங்களுக்கான உதிரிப்பாகங்களைச் சீனாவிலிருந்து தருவிக்கிறோம். குவாங்சோவில் எங்களோடு தொடர்பில் இருப்பவரின் மின்னஞ்சலில் ‘ஜாங் வெய்’ என்றும், இன்வாய்சில் ‘வெய் ஜாங்’ என்றும் இருக்கிறது. அவருடைய மனைவியும் அந்நிறுவனத்தின் பங்குதாரர்தான். ஆனால் அவர் பெயரில் ஜாங் இல்லை. இடையில் இருக்கும் சிங்கப்பூர் முகவர் டான், அங்குள்ள மேலாளர் சென் என்பவரின் பெயரும் தம் பெயரும் ஒன்றுதான் என்கிறார். அடுத்த மாதம் எல்லாரும் இங்கு வருகிறார்கள். அழைப்புக் கடிதத்தில் பெயரை எப்படி எழுதுவது, நேரில் எப்படி அழைப்பது? வரவேற்பில் பெயரின் பொருளைச் சொல்லிப் பாராட்டலாம் என்று இணையத்தில் தேடினால் ஒரே பெயருக்குப் பத்துப் பொருள் வருகிறது. எது சரி?

பதில்: சீன வழக்கில் குடும்பப்பெயர் முதலில் வரும், இடுபெயர் பின்னால் வரும். ஷி ஜின்பிங் என்பதில் ‘ஷி’ குடும்பப்பெயர், கூடைப்பந்து வீரர் யாவ் மிங்கின் பெயரில் ‘யாவ்’ குடும்பப்பெயர். நம் ஊரில் தலைப்பெழுத்து நிற்கும் இடத்தில் அவர்களுக்குக் குடும்பப்பெயர் நிற்கிறது என்று வைத்துக்கொண்டால் மனத்தில் எளிதாகப் பதியும். ஒரே வேறுபாடு, நம் தலைப்பெழுத்து தலைமுறைக்குத் தலைமுறை மாறும், அவர்களுடையது மாறாது. மேலைநாட்டுப் படிவங்களுக்கு ஏற்பச் சிலர் தாமே வரிசையைத் திருப்பி எழுதுவதால்தான் உங்கள் கையில் இரண்டு வடிவங்கள் வந்து சேர்ந்திருக்கின்றன. ஆகவே உங்களுடையவர் பெரும்பாலும் ஜாங் குடும்பத்தவரே. ‘பெரும்பாலும்’ என்று சொல்வதற்குக் காரணம், வெய் என்றும் ஒரு குடும்பப்பெயர் உண்டு என்பதுதான். இடுபெயர் ஈரசையாக இருந்தால் இந்த ஐயம் எழாது, ஏனெனில் அந்த இரண்டு அசைகளையும் சேர்த்து ஒரே சொல்லாக எழுதுவார்கள். இரண்டும் ஓரசையாக இருக்கும் இடத்தில் அவருடைய பாஸ்போர்ட்டின் படியைக் கேட்டு வாங்குங்கள். சீனப் பாஸ்போர்ட்டில் முதலில் குடும்பப்பெயர், அதையடுத்து ஒரு காற்புள்ளி, பிறகு இடுபெயர் என்று அச்சிட்டிருக்கும். அந்தக் காற்புள்ளிதான் உங்கள் கேள்விக்கு இறுதித் தீர்ப்பு.

அழைப்புக் கடிதத்தில் அந்த எழுத்துக்கூட்டலை அப்படியே எழுதுங்கள், திருத்தப் போகாதீர்கள். ‘ல்யூ’ என்று ஒலிக்கும் குடும்பப்பெயருக்கு உரிய உயிரொலி ஆங்கில விசைப்பலகையில் இல்லை. அதனால் பழைய ஆவணங்களில் அது ‘எல், வி’ என்றும், 2012க்குப் பிந்தைய பாஸ்போர்ட்டுகளில் ‘எல், ஒய், யு’ என்றும் இருக்கும். இரண்டும் ஒரே ஆளைக் குறிக்கலாம்.

இனிப் பொருள். இணையம் உங்களுக்குப் பத்துப் பொருள் காட்டியது பிழையன்று, கேள்விதான் முழுமையாகவில்லை. சீனப் பெயரின் பொருள் அதை எழுதும் எழுத்துருவில் இருக்கிறதே தவிர ஒலியில் இல்லை. சீனாவின் பொதுமொழியான மாண்டரினில் தொனிகளை நீக்கிவிட்டுப் பார்த்தால் ஏறத்தாழ 400 அசைகளே உள்ளன, எழுத்துருக்களோ பல்லாயிரம். ‘வெய்’ என்பதை எழுதும் உருவைப் பொறுத்து ‘மாண்பு மிக்க’, ‘வலிமை’, ‘காவல்’, ‘நுண்மை’ என்று எதுவாகவும் இருக்கலாம். பெண்ணின் பெயரானால் ஒரு செடியின் பெயராகவும் இருக்கலாம். உங்கள் நண்பர் ஆணாகையால், முதலாவதாக இருக்கவே வாய்ப்பு மிகுதி. அந்த உருவில் எழுதப்படும் ‘ஜாங் வெய்’ சீனாவில் மிகுதியாக வழங்கும் முழுப்பெயர்களில் ஒன்று. அதைத் தாங்கியவர்கள் மூன்று லட்சம் பேர் அளவுக்கு இருக்கிறார்கள். ஆயினும் ஊகத்தை நம்பி மேடையில் பேச வேண்டாம்.

சீனர்களுக்கே இந்தச் சிக்கல் உண்டு. அதைத் தீர்க்க அவர்கள் கையாளும் வழி அழகானது. அறிமுகமாகும்போது ஒருவர் “நின் குய்ஷிங்?” என்று கேட்பார், ‘தங்கள் மேன்மையான குடும்பப்பெயர் யாது?’ என்பது அதன் நேர்ப்பொருள். மற்றவர் ‘ஜாங்’ என்று சொல்லி நிறுத்த மாட்டார். “வில்லும் நீளமும் சேர்ந்த ஜாங்” என்பார். ஏனென்றால், ‘நில்’ என்ற உருவின் கீழே ‘காலை’ என்ற உரு அமைந்த இன்னொரு ஜாங் இருக்கிறது. இவ்வாறே லி என்பவர் “மரமும் பிள்ளையும் சேர்ந்த லி” என்பார், லின் என்பவர் “இரட்டை மரம் லின்” என்பார், சென் என்பவர் “காதும் கிழக்கும் சேர்ந்த சென்” என்பார். சொல்லும்போதே விரலால் உள்ளங்கையில் கோடு கிழித்துக் காட்டுவோரும் உண்டு. நீங்களும் பாராட்டுரையை எழுதி வைத்துக்கொள்வதற்கு முன், “உங்கள் பெயரை எந்த எழுத்தால் எழுதுவீர்கள்?” என்று கேளுங்கள். அந்தக் கேள்வியே அவர்களுக்குப் பாராட்டாகத்தான் படும்.

ஒலியை மாற்றாமலே ஒருவர் பெயரை மாற்றிக்கொள்ளவும் முடியும். 2013இல் சீனத் துணை அதிபரான லி யுவான்சாவ், கொரியப் போரில் சீனா இறங்கிய 1950ஆம் ஆண்டு பிறந்தவர். ‘கொரியாவுக்கு உதவு’ என்பதே அவருடைய இயற்பெயரின் பொருள். அவ்வாண்டுகளில் பிறந்த பலருக்கும் அந்தப் பெயர் வைக்கப்பட்டது. பிற்பாடு அவர் அதே ஒலியுள்ள வேறு இரண்டு எழுத்துகளால், ‘ஊற்று, அலை’ என்று பொருள்படும்படி எழுதத் தொடங்கினார். ஆங்கிலத்திலோ தமிழிலோ பார்ப்பவருக்கு எதுவும் மாறியிருக்காது.

குடும்பப்பெயர்களுக்கு வருவோம். வாங், லி, ஜாங், லியூ, சென் ஆகிய ஐந்து மட்டுமே சீன மக்களில் நூற்றுக்கு முப்பது பேருக்கு மேல் அடக்கிவிடுகின்றன. பொதுமக்களைக் குறிக்கும் சீனச் சொல்லே ‘பழைய நூறு குடும்பப்பெயர்கள்’ என்பதுதான். சோங் அரச மரபின் காலத்தில் தோன்றி, பிள்ளைகள் மனப்பாடம் செய்து வந்த பெயர்ப்பட்டியலில் ‘ஜாவ்’ முதலிடம் பெற்றது, அது பேரரசரின் குடும்பப்பெயர் என்பதனால்; எண்ணிக்கையால் அன்று. குடும்பப்பெயரைக் குறிக்கும் ‘ஷிங்’ என்ற எழுத்துருவோ ‘பெண்’, ‘பிறப்பு’ என்ற இரண்டு உருக்களின் சேர்க்கை. ஜி, ஜியாங், யாவ் போன்ற மிகப் பழைய குடும்பப்பெயர்களின் உருவிலும் ‘பெண்’ இருக்கிறது. தாய்வழி மரபின் எச்சம் என்று பலர் இதை விளக்குவர். ஒரே ஷிங் உடையவர்கள் தமக்குள் மணம் செய்யக்கூடாது என்ற பழைய விதி, நம் கோத்திர விதியை ஒத்தது.

பிற்காலப் பெயர்களில் பல, நாடுகளின் பெயரிலிருந்து வந்தவை. இன்றைய ஹெனான் மாநிலத்தில் இருந்த சென் என்ற சிற்றரசு கி.மு. 5ஆம் நூற்றாண்டில் அழிந்தபோது, நாட்டை இழந்தவர்கள் அதன் பெயரைத் தங்கள் பெயராக வைத்துக்கொண்டார்கள். காஞ்சிபுரத்தைப் பற்றி எழுதிவைத்த யுவான் சுவாங்கின் துறவுக்கு முந்தைய பெயர் சென் யி. நம் பாடநூல்களில் நாம் படித்தது அவருடைய துறவுப்பெயரை. சீனப் பௌத்தத் துறவிகள் குடும்பப்பெயரைத் துறந்து, சாக்கியர் என்ற சொல்லின் சுருக்கமான ‘ஷி’யை ஏற்பர், எனினும் அது அதிபர் ஷி ஜின்பிங்கின் ‘ஷி’ அன்று. வாங் என்பதற்கு ‘அரசன்’ என்று பொருள். வெவ்வேறு அரச குலங்களின் வழிவந்தோர் அரசன் வீட்டார் என்று அழைக்கப்பட்டே அந்தப் பெயரைப் பெற்றதால், வாங் என்போர் எல்லாரும் ஒரே மூதாதையின் வழியினர் அல்லர். சிமா என்ற ஈரெழுத்துக் குடும்பப்பெயர் குதிரைப்படையை மேற்பார்த்த பதவியிலிருந்து வந்தது; ஷிமென் என்றால் மேற்கு வாயில்.

அரசர் கொடுத்த பெயர்களும் உண்டு. கடலோடி ஜெங் ஹ, 1371இல் யுன்னானில் ஒரு முஸ்லிம் குடும்பத்தில் பிறந்தபோது ‘மா’ குடும்பத்தவர். அந்த எழுத்துக்குக் ‘குதிரை’ என்பது பொருள். ஆனால் சீன முஸ்லிம்களிடையே அது பரவியது ‘முகம்மது’ என்ற பெயரின் சீன ஒலிப்பையொட்டி என்று விளக்குவர். ‘ஜெங்’ என்பது பேரரசர் யோங்லோ பின்னாளில் அருளிய பெயர். 1409ஆம் ஆண்டுத் தேதியிட்டு அவர் இலங்கையின் காலி நகரில் நாட்டிய கல்வெட்டு சீனம், தமிழ், பாரசீகம் ஆகிய மூன்று மொழிகளில் இருக்கிறது; தேனாவரை நாயனார் என்ற இறைவனைப் போற்றும் அதன் தமிழ்ப் பகுதியைக் கொழும்பு தேசிய அருங்காட்சியகத்தில் இன்றும் காணலாம்.

உங்கள் சிங்கப்பூர் முகவர் சொன்னது சரியே. டான், சென் இரண்டும் ஒரே எழுத்து. அதை மாண்டரினில் ‘சென்’ என்றும், தென்சீனப் பேச்சுமொழிகளான ஹொக்கியனிலும் தியோசியூவிலும் ‘டான்’ என்றும், கன்டோனீசில் ‘சான்’ என்றும் ஒலிப்பார்கள். வியட்நாமில் அது ‘ட்ரான்’. நடிகர் ஜாக்கி சானின் சானும் இதுவே. அவருடைய இயற்பெயரான கோங்-சாங் என்பதற்கு ‘ஹாங்காங்கில் பிறந்தவன்’ என்று பொருள். மலாயாவிலும் சிங்கப்பூரிலும் ஆங்கிலேயர் ஆட்சிக் காலத்து எழுத்தர்கள், வந்தவர் தம் பேச்சுமொழியில் சொன்னதைக் காதில் விழுந்தபடி எழுதியதால் லின் லிம் ஆயிற்று, வாங் ஓங் ஆயிற்று. பினாங்கில் கூ குடும்பத்தாரின் குல மன்றமான கூ கோங்சியைப் பார்த்தவர்களுக்கு ஒரு கூடுதல் செய்தி. அந்தக் ‘கூ’ மாண்டரினில் ‘சியூ’. கன்பூசியஸின் இடுபெயரும் அதே எழுத்து என்பதால், மரியாதை கருதி யோங்செங் பேரரசரின் காலத்தில் அந்தக் குடும்பப்பெயரோடு ஓர் உறுப்பைக் கூடுதலாகச் சேர்த்து எழுத ஆணையிட்டார்கள். இத்தனைக்கும் பிறகு, டானும் சென்னும் உறவினர்களா என்றால், அப்படிக் கொள்ள வேண்டியதில்லை. தெற்குச் சீனாவில் “சென்னும் லின்னும் பாதி உலகம்” என்றே ஒரு வழக்கு உண்டு.

மனைவியின் பெயரில் ஜாங் இல்லாதது ஆவணப் பிழையன்று. சீனப் பெண்கள் திருமணத்துக்குப் பின்னும் பிறந்த வீட்டுக் குடும்பப்பெயரையே வைத்திருப்பார்கள். 1950ஆம் ஆண்டுத் திருமணச் சட்டம் அந்த உரிமையை வெளிப்படையாக எழுதிவைத்தது. ஹாங்காங்கில் சிலர் கணவரின் குடும்பப்பெயரைத் தம் பெயருக்கு முன்னால் சேர்த்துக்கொள்வார்கள். முன்னாள் நிர்வாகத் தலைவர் கேரி லாமின் பெயரில் லாம் கணவருடையது, செங் அவருடையது. ஆகவே அந்த அம்மையாரை ‘மிசஸ் ஜாங்’ என்று அழைக்காமல் அவருடைய சொந்தக் குடும்பப்பெயரால் அழையுங்கள்.

இடுபெயர்களைப் பற்றி விருந்தில் பேச்செடுக்க நிறையவே இருக்கிறது. பல குடும்பங்களில் ஒரு தலைமுறையைச் சேர்ந்த உடன்பிறந்தாரும் பங்காளிகளும் ஒரே எழுத்தைப் பகிர்ந்துகொள்வார்கள். மாவோ சேதுங்கின் தம்பியர் சேமின், சேதான். ‘சே’ அந்தத் தலைமுறைக்கு உரியது. கன்பூசியஸின் கோங் குடும்பத்தில் இந்த எழுத்துகளின் வரிசை முன்கூட்டியே வகுக்கப்பட்டிருப்பதால், கோங் டசெங் என்ற பெயரைக் கேட்டதுமே அவர் 77ஆம் தலைமுறை என்று சொல்லிவிடலாம். நாம் தாத்தாவின் பெயரைச் சூட்டுவதனால் பிள்ளையைப் ‘பேரன்’ என்கிறோம். அங்கே தாத்தாவின் பெயரெழுத்தைப் பேரனுக்கு வைப்பது மரியாதைக் குறைவு. மாறாக, கண்ணேறு படாமலிருக்கக் குப்புசாமி என்றும் பிச்சை என்றும் நாம் வைத்ததற்கு ஈடாக, அங்கே சிற்றூர்களில் ‘நாய் விட்டுவைத்தது’ என்று பொருள்படும் ‘கோவ்ஷெங்’ என்ற செல்லப்பெயர் உண்டு. தம்பி பிறக்க வேண்டும் என்று பெண் குழந்தைக்கு ‘ஜாவ்டி’ என்று வைப்பார்கள். ‘தம்பியை அழைத்து வா’ என்பது அதன் பொருள். நம் ‘வேண்டாம்’களையும் ‘போதும்பொண்ணு’களையும் அறிந்தவர்களுக்கு இதற்குமேல் விளக்கம் தேவைப்படாது. ஆனால் வந்திருக்கும் பெண்ணின் பெயர் ஜாவ்டியாக இருந்தால், மேடையில் பொருள் கேட்காதீர்கள்.

நேரில் அழைக்கும்போது குடும்பப்பெயரோடு மதிப்புச் சொல்லைச் சேர்க்க வேண்டும். ஆணுக்கு ‘ஜாங் ஷியென்ஷெங்’ பொருந்தும். மேலாளருக்கு ‘சென் ஜிங்லி’. நிறுவனத் தலைமையில் இருப்பவருக்கு, வணிக வட்டாரத்தில் எல்லாரும் சொல்லும் ‘ஜோங்’ சேர்த்து ‘ஜாங் ஜோங்’. பெண்களுக்கு ‘ன்யூஷி’ பாதுகாப்பானது. ‘செல்வி’ என்று பொருள்படும் ‘ஷியாவ்ஜியே’ என்ற சொல்லைத் திரைப்படங்களில் கேட்டிருப்பீர்கள். இன்றைய சீனப் பெருநிலத்தில் அதற்குத் தகாத பொருளும் சேர்ந்துவிட்டதால் தவிருங்கள். வெறும் ‘வெய்’ என்று இடுபெயரால் அழைப்பது, குடும்பத்தினருக்கும் மிக நெருங்கிய நண்பருக்கும் உரியது. ஆங்கில எழுத்தில் ‘எக்ஸ்’ கண்டால் ‘ஷ’வுக்கு அருகிலும், ‘கியூ’ கண்டால் ‘ச்ச’வுக்கு அருகிலும், ‘இசட் எச்’ கண்டால் ‘ஜ’வுக்கு அருகிலும் ஒலித்தால் போதும், தொனி தவறினாலும் யாரும் வருந்த மாட்டார்கள்.

கடைசியாக, உங்கள் பெயர் அட்டையையும் ஒருமுறை எடுத்துப் பாருங்கள். பாஸ்போர்ட்டில் தந்தையின் பெயர் குடும்பப்பெயர்க் கட்டத்தில் இருந்து, அட்டையிலும் அதுவே முன்னால் நின்றால், வருகிறவர்கள் தங்கள் வழக்கப்படி அதையே உங்கள் குடும்பப்பெயராகக் கொண்டு மூன்று நாளும் உங்களை அப்பாவின் பெயரைச் சொல்லித்தான் அழைப்பார்கள். அழைக்க வேண்டிய பெயரை அட்டையில் தடித்த எழுத்தில் அச்சிட்டுவிடுங்கள்.