விவசாயக் கேள்வி பதில்

கேள்வி: நிலக்கடலையில் வேரழுகல் வருகிறது. விதைநேர்த்தியில் கார்பன்டசிம் என்ற பூஞ்சைக்கொல்லி மருந்தையும் ட்ரைக்கோடெர்மா விரிடியையும் சேர்த்துக் கலக்கலாமா?

பதில்: கூடாது. ட்ரைக்கோடெர்மாவும் ஒரு பூஞ்சைதான். அது நோய்ப் பூஞ்சையின் இழையைச் சுற்றிப் பின்னி, நொதிகளைச் சுரந்து செல்சுவரைக் கரைத்துவிடும். கார்பன்டசிம் பட்டால் ட்ரைக்கோடெர்மாவே செத்துவிடும், காசும் வீண்.

ஒரு கிலோ விதைக்கு 4 கிராம் ட்ரைக்கோடெர்மா போதும். வயலுக்கு, ஏக்கருக்கு 1 கிலோவை 20 கிலோ மக்கிய தொழு உரத்தில் கலந்து, லேசாக நீர் தெளித்து, நிழலில் ஈரச்சாக்கால் மூடுங்கள். ஒரு வாரத்தில் மேலே பச்சைப்பூசணம் படர்ந்தால் உயிரோடு இருக்கிறது என்று அர்த்தம். படரவே இல்லையா? பாக்கெட்டின் காலாவதித் தேதியைப் பாருங்கள். பச்சைச் சாணத்தில் கலந்தால் அதன் சூடே கொன்றுவிடும். மண்ணில் ஈரம் இருக்கும்போது, மாலையில் தூவுங்கள்.