குறைந்த செலவு ஜந்துப் படங்களின் கிளைமாக்ஸ்: கேள்வி பதில்

குறைந்த செலவில் எடுக்கப்படும் ராட்சத ஜந்துப் படங்கள் எப்படி முடிகின்றன, ஏன் அப்படி முடிகின்றன என்று வந்த கேள்விகளுக்கு இங்கே பதில் எழுதுகிறேன். பேய்ப் படம், கொலைகாரன் படம் பற்றிய கேள்விகளை, ஜந்துப் படத்தின் முடிவோடு தொடர்பு இருந்தால் மட்டுமே எடுத்துக்கொண்டேன்.

கேள்வி: இந்தப் படங்களில் ஜந்து பெரும்பாலும் தீயில் எரிந்தே சாகிறதே, ஏன்?

முதல் காரணம் உடை. நடிகர் அணியும் ரப்பர் உடை பெரும்பாலும் ஒன்றே ஒன்றுதான் இருக்கும். அதை ஒரே ஒரு முறைதான் எரிக்க முடியும் என்பதால் எரியும் காட்சி தானாகவே கடைசிக் காட்சியாகிவிடுகிறது. இரண்டாவது காரணம் வெளிச்சம். தீயின் ஒளி நிலையாக நிற்பதில்லை, புகையும் சேர்ந்துகொள்கிறது, ஆகவே முதுகுத் தையலும் கழுத்து மடிப்பும் கண்ணில் படுவதில்லை. எல்லாவற்றையும்விடத் தீ திரையில் பிரம்மாண்டமாகத் தெரியும், அதற்கு ஆகும் செலவு குறைவு. மலிவுப் படங்களுக்குப் பேர்போன அமெரிக்க இயக்குநர் ரோஜர் கார்மன் 1960-இல் ‘ஹவுஸ் ஆஃப் அஷர்’ படத்துக்காக, இடிக்கப்படவிருந்த கொட்டகை ஒன்றை எரித்துப் படம்பிடித்தார். அதே காட்சித் துண்டுகள் அவருடைய பிந்தைய படங்களின் முடிவிலும் எரிந்தன. அது ஜந்துப் படமல்ல என்றாலும் கணக்கு ஒன்றுதான்.

தீக்கு அடுத்தபடி மின்சாரம். 1951-இல் வந்த ‘தி திங் ஃப்ரம் அனதர் வேர்ல்ட்’ படத்தின் வேற்றுக்கிரக உயிரி மின்பொறியில் கருகி ஒடுங்குகிறது. 1957-இன் ‘அட்டாக் ஆஃப் தி கிராப் மான்ஸ்டர்ஸ்’ படத்தில் ஒருவர் தன் உயிரைக் கொடுத்து வானொலிக் கோபுரத்தை ராட்சத நண்டின்மேல் சாய்த்து, மின்சாரம் பாய்ச்சி அதைக் கொல்கிறார்.

இங்கே ஓர் எச்சரிக்கை, இதை மறுபடியும் சொல்ல வேண்டிவரும்: எது ஜந்துவைக் கொல்லப்போகிறதோ அது படத்தின் முற்பாதியிலேயே பார்வையாளர் கண்ணில் பட்டிருக்க வேண்டும். கடைசிப் பத்து நிமிடத்தில் எங்கிருந்தோ பெட்ரோல் டின் வந்து சேர்ந்தால் எத்தனை அழகாக எரித்தாலும் அந்த முடிவு ஒட்டாது.

கேள்வி: ஜந்து செத்த மறுநிமிடமே படம் முடிந்துவிடுகிறதே?

அந்தக் காலத்தில் இவை ஒரே டிக்கெட்டில் இரண்டு படம் என்ற ஏற்பாட்டுக்காக எடுக்கப்பட்டவை, 60 முதல் 75 நிமிடத்துக்குள் முடிந்தாக வேண்டியவை. ஜந்து போன பிறகு பார்வையாளருக்குக் காட்ட வேறு ஒன்றும் இல்லை. தழுவல், ஒரு வசனம், இசை, அவ்வளவுதான்.

கேள்வி: ஜந்துவைக் கொல்லவே பணம் இல்லாவிட்டால் என்ன செய்வது?

இந்தக் கேள்வி எனக்கு மிகவும் பிடித்திருக்கிறது. 1959-இன் ‘தி கில்லர் ஷ்ரூஸ்’ படத்தைப் பாருங்கள். அதில் வரும் ராட்சத மூஞ்சூறுகள், வேஷம் கட்டிய நாய்கள். அத்தனை நாய்களையும் நம்பும்படி திரையில் கொல்ல வழியே இல்லை. ஆகவே முடிவு தப்பித்தலாக மாற்றப்பட்டிருக்கிறது. தீவில் மிஞ்சியவர்கள் காலி இரும்புப் பீப்பாய்களைக் கவிழ்த்து ஒன்றோடொன்று கட்டி, அவற்றுக்குள்ளே குந்தியபடி, வாத்துநடையாகக் கடற்கரை வரை நகர்கிறார்கள். சுற்றிலும் மூஞ்சூறுகள் பாய்கின்றன. கேமரா உள்ளே இருக்கும்போது நாம் பார்ப்பது வியர்த்த முகங்களையும் துளை வழியே தெரியும் பற்களையும் மட்டுமே. நாய் முழுதாகத் தெரிந்தால் பயம் போய்விடும், பல் மட்டும் தெரிந்தால் பயம் நிற்கும். இரை தீர்ந்த தீவில் மூஞ்சூறுகள் ஒன்றையொன்று தின்றே அழியும் என்ற கணக்கும் படத்திலேயே சொல்லப்பட்டுவிடுகிறது. இல்லாத பணத்திலிருந்து பிறந்த முடிவுகளில் இதை நான் முதல் வரிசையில் வைப்பேன்.

கேள்வி: ‘முற்றும்’ என்ற எழுத்துக்குப் பின் கேள்விக்குறி போடும் வழக்கம், இரண்டாம் பாகத்துக்குப் போடும் தூண்டில்தானே?

எல்லா நேரமும் அல்ல. 1958-இன் ‘தி பிளாப்’ படத்தில் கூழ்போன்ற ஜந்துவை எதுவும் கொல்லாது, குளிர் மட்டும் அதை முடக்கும். நாயகனும் நாயகியும் மளிகைக் கடையின் குளிரறைக்குள் ஒளியும்போது அது பின்வாங்குவதை நாம் முன்னரே பார்த்துவிடுகிறோம். ஆகவே ஊர் மக்கள் கார்பன் டை ஆக்சைடு தீயணைப்புக் கருவிகளைத் திரட்டிவந்து அதை உறையவைப்பது நியாயமாக இருக்கிறது. பிறகு அதை விமானத்தில் ஏற்றி ஆர்க்டிக்கில் இறக்குகிறார்கள். திரையில் வரும் ‘முற்றும்’ கேள்விக்குறியாக மாறுகிறது. உறைந்தது உருகக்கூடும் என்பது கதையின் விதியிலிருந்தே வரும் கேள்வி. தொடர்ச்சியாகச் சொல்லப்பட்ட படம் 1972-இல்தான் வந்தது. தூண்டிலாக இருந்திருந்தால் அத்தனை ஆண்டுகள் யாரும் காத்திருக்க மாட்டார்கள்.

கேள்வி: கடைசியில் ஒரு முட்டை மிஞ்சியதாகக் காட்டலாமா? (பலரும் இதையே கேட்டிருக்கிறீர்கள்.)

முட்டை இடும் ஜந்து என்று முன்பே சொல்லியிருந்தால் காட்டலாம், இல்லாவிட்டால் வேண்டாம். 1980-இன் ‘அலிகேட்டர்’ ஒரு முதலைக் குட்டியைக் கழிப்பறையில் போட்டுத் தண்ணீர் விடுவதில் தொடங்குகிறது. சாக்கடையில் வேறொரு குட்டி வந்துசேர்வதில் அது முடிவது அதனால்தான் பொருந்துகிறது.

கேள்வி: 1968-இன் ‘நைட் ஆஃப் தி லிவிங் டெட்’ படத்தில் இரவெல்லாம் போராடிய நாயகனைக் காலையில் சுட்டுக் கொன்றுவிடுகிறார்கள். இது பார்வையாளரை ஏமாற்றுவதல்லவா?

இல்லை என்று உறுதியாகச் சொல்கிறேன். பிணங்கள் எழுந்து மனிதரைத் தாக்கும் கதை அது. ஆனால் சுமார் 1,14,000 டாலர் செலவில் எடுக்கப்பட்ட அந்தப் படத்தின் மையச் சண்டை உயிரோடு இருப்பவர்களுக்கு இடையிலானது. நிலவறைக்குள் போய்க் கதவைத் தாழிட்டுக்கொள்வோம் என்கிறார் ஒருவர், அது மரணப் பொறி என்று நாயகன் பென் மறுக்கிறார். இருவரும் படம் முழுக்க இதற்காகவே மோதுகிறார்கள். கடைசியில் பென் உயிர் பிழைப்பது, தான் மறுத்த அதே நிலவறைக்குள் போய்த்தான். விடிந்ததும் துப்பாக்கிச் சத்தம் கேட்டு மேலே வந்து ஜன்னலோரம் நிற்கிறார். பிணங்களை வேட்டையாடி வரும் ஆயுதக் கூட்டம் அவரையும் ஒரு பிணமென்று நினைத்துச் சுடுகிறது. அவர் பொறி என்று சொன்ன இடம் அவரைக் காத்தது, காக்க வந்தவர்கள் கொன்றார்கள். இதை ஏமாற்று என்று எப்படிச் சொல்ல முடியும்?

அதே வாசகர் மீண்டும்: நிலவறை விளக்கத்தை ஏற்கிறேன். ஆனால் அந்த முடிவு பணமில்லாததால் வந்ததுதான். கடைசிக் காட்சிகள் அசையும் படங்கள்கூட இல்லை, வெறும் புகைப்படங்கள்.

புகைப்படங்கள் மலிவு என்பது உண்மை. அந்த மலிவு எதற்குப் பயன்பட்டது என்பதைப் பாருங்கள். செய்தித்தாளில் அச்சானதுபோலச் சொரசொரப்பான படங்களில், இறைச்சிக் கொக்கிகளோடு நிற்கும் மனிதர்கள் பென்னின் உடலை இழுத்துச் சென்று எரிக்கக் குவிக்கிறார்கள். பென்னாக நடித்த டுவான் ஜோன்ஸ் கறுப்பினத்தவர். மார்ட்டின் லூதர் கிங் கொல்லப்பட்ட அதே ஆண்டில் திரைக்கு வந்த படம் அது. அசையும் காட்சியாக எடுத்திருந்தால் அது கதையில் நடந்ததாக இருந்திருக்கும். புகைப்படமானதால் அது நாட்டில் நடந்ததுபோல் ஆகிவிட்டது. நம்பிக்கை தரும் முடிவாக மாற்றினால் வாங்குகிறோம் என்று விநியோகத் தரப்பிலிருந்து கேட்டபோது இயக்குநர் ஜார்ஜ் ரொமேரோ மறுத்தார். பணமில்லாதவர் மறுக்கக்கூடிய கடைசி இடம் அது, அங்கேயும் மறுத்தார்.

இன்னொரு வாசகர்: அதைப் பார்த்துவிட்டுப் பின்னால் வந்தவர்கள் எல்லோரும் கடைசி நிமிடத்தில் நாயகனைக் கொல்கிறார்களே. இந்த வியாதி ரொமேரோவிடமிருந்துதானே வந்தது?

நகலெடுத்தவர்கள் மரணத்தை மட்டும் எடுத்துக்கொண்டார்கள், நிலவறையை எடுத்துக்கொள்ளவில்லை. 1980-இன் ‘ஃப்ரைடே தி 13த்’ படத்தின் கடைசியில் ஏரியிலிருந்து திடீரெனத் துள்ளி எழும் உருவத்தையும் இப்படித்தான் நகலெடுத்தார்கள். அந்தப் படத்தில் அது கனவா நிஜமா என்ற ஐயத்தோடு நிறுத்தப்படுகிறது, அதனால் நிற்கிறது. அதைப் பார்த்து எழுதியவர்கள் ஐயத்தை விட்டுவிட்டுத் துள்ளலை மட்டும் வைத்துக்கொண்டார்கள். இந்த விவாதத்தை நானும் விரும்புகிறேன், ஆனால் காத்திருக்கும் கேள்விகளுக்காக இங்கே நிறுத்துகிறேன்.

கேள்வி: ஜந்துவைக் காட்டாமலே படத்தை முடிக்க முடியுமா?

முடியும், விதை ஊன்றியிருந்தால். 1999-இன் ‘தி பிளேர் விட்ச் புராஜெக்ட்’ ஒருவன் சுவர்மூலையைப் பார்த்து நிற்பதோடு முடிகிறது. முதலில் பார்த்தவர்களுக்கு அது புரியவில்லை. வேறு முடிவுகளும் படமாக்கப்பட்டன. ஆனால் இயக்குநர்கள் பழைய முடிவையே வைத்துக்கொண்டு, ஒரு கொலைகாரன் குழந்தைகளை மூலையில் திரும்பி நிற்கவைத்தான் என்று ஊர்க்காரர் சொல்லும் சிறு பேட்டியைப் படத்தின் தொடக்கத்தில் சேர்த்தார்கள். முடிவு புரியவில்லை என்றால் பெரும்பாலும் திருத்த வேண்டியது முதல் இருபது நிமிடத்தைத்தான்.

கேள்வி: ஜந்துவை கிராஃபிக்ஸில் வெடிக்க வைக்க எந்த மென்பொருள் நல்லது?

அது என் துறையல்ல. காட்சி விளைவுகள் செய்பவரிடம் கேளுங்கள்.

கேள்வி: கடைசியில் ஜந்துவின் கண் மட்டும் திறப்பதாகக் காட்டலாமா?

முட்டைக்குச் சொன்ன பதிலே இதற்கும்.

கேள்வி: கை மட்டும் அசைவதாக?

அதற்கும் அதே பதில்தான். கண், கை, வால், நிழல் எதுவானாலும் கேட்க வேண்டியது ஒன்றுதான்: அது சாகாது என்பதற்குப் படத்தில் முன்பே காரணம் இருக்கிறதா?

கேள்வி: திரைக்கதையில் முடிவு மட்டும் எழுதவில்லை. படப்பிடிப்பைத் தொடங்கிவிட்டு வழியில் யோசிக்கலாமா?

வேண்டாம். பணமும் வெளிச்சமும் நடிகர்களின் தேதியும் கடைசி நாட்களில்தான் தீர்ந்துபோகும். உங்கள் முடிவை அப்போது எழுதுவது நீங்களாக இருக்க மாட்டீர்கள். முதலில் முடிவை எழுதுங்கள். உடையைச் சிதைக்காத கிளைமாக்ஸ் பகுதிகளைக் கையில் பணம் இருக்கும் முதல் வாரத்திலேயே எடுங்கள். உடை எரியும் ஒரே ஷாட்டை மட்டும் கடைசிக்கு வைத்து, அதற்கான தொகையைத் தொடாமல் தனியாக ஒதுக்குங்கள். அந்த ஷாட்டுக்கு இரண்டு கேமராக்களாவது ஓடட்டும், ஏனென்றால் இரண்டாவது டேக் கிடையாது.