நார்வே நடிகர்களில் யாருடைய நீண்ட திரைவாழ்க்கை உங்களைக் கவர்ந்தது?

லிவ் உல்மன். பலர் அவரை ஸ்வீடன்காரர் என்றே நினைக்கிறார்கள். பேர் வாங்கிக் கொடுத்த படங்கள் பெரும்பாலும் ஸ்வீடிஷ் மொழியில் இருப்பதால் வந்த குழப்பம். பிறந்தது 1938-இல் டோக்கியோவில், வளர்ந்தது நார்வேயின் ட்ரோன்ஹெய்மில். நாடகப் பள்ளியில் இடம் கிடைக்காமல், ஸ்டவாங்கர் ஊர் நாடக அரங்கில் ஆன் ஃபிராங்க் வேடம் போட்டு ஆரம்பித்தவர்.

நான் முதலில் பார்த்தது ஸ்வீடிஷ் இயக்குநர் இங்மர் பெர்க்மனின் 'பெர்சோனா' (1966). திடீரென்று பேச்சை நிறுத்திவிட்ட நடிகையாக வருகிறார். ஒன்றிரண்டு வார்த்தைகளைத் தவிர வசனமே இல்லை. பேசுவதெல்லாம் நர்ஸாக வரும் பீபி ஆண்டர்சன்தான். சப்டைட்டில் படித்தே படம் ஓடிவிட்டது. 'இந்தம்மா சும்மா உட்கார்ந்திருந்ததற்கா இவ்வளவு பேர்?' என்றுதான் தோன்றியது. அடுத்த முறை கணினித் திரையின் அடியில் ஒரு துண்டுத் தாளை ஒட்டி, எழுத்தை மறைத்துவிட்டுப் பார்த்தேன். அப்போதுதான் புரிந்தது. ஒருவர் பேசப் பேச, கேட்கிறவர் முகத்தில் முதலில் பரிவு, அப்புறம் ஆவல், அப்புறம் லேசான கொடூரம்கூட வந்து போகிறது. கேட்பதும் நடிப்புதான் என்று எனக்குக் காட்டியவர் அவர்.

அவரும் பெர்க்மனும் சில வருடங்கள் ஸ்வீடனின் ஃபோரோ தீவில் சேர்ந்து வாழ்ந்தார்கள். மகள் லின் உல்மன் இன்று நார்வேயின் முக்கியமான நாவலாசிரியர். பிரிந்த பிறகும் சேர்ந்து வேலை செய்வதை இருவரும் விடவில்லை. 1973-இல் தொலைக்காட்சித் தொடராக வந்த 'ஒரு திருமணத்தின் காட்சிகள்' கதையில் அவர் மரியான், எர்லண்ட் யோசஃப்சன் யோஹான். அதே மரியானாக, அதே யோசஃப்சனோடு, 30 வருடம் கழித்து 'சரபாண்ட்' படத்தில் வருகிறார். வயதான வேடத்துக்கு மேக்கப் எதுவும் வேண்டியிருக்கவில்லை!

இடையில் ஹாலிவுட்டும் கூப்பிட்டது. 'லாஸ்ட் ஹொரைசன்' என்ற இசைப்படம் படுதோல்வி. அதை விடுங்கள். ஸ்வீடிஷ் இயக்குநர் யான் ட்ரோயலின் 'குடிபெயர்ந்தோர்' (1971) படத்தைத்தான் தேடிப் பார்க்க வேண்டும். ஸ்வீடனின் கல்லாங்காட்டை விட்டு அமெரிக்காவுக்குக் கப்பலேறும் ஏழை விவசாயியின் மனைவி கிறிஸ்டீனாவாக வருகிறார் உல்மன். சிறந்த நடிகைக்கான ஆஸ்கர் பரிந்துரை அதற்குக் கிடைத்தது, பிறகு 'ஃபேஸ் டு ஃபேஸ்' படத்துக்கும். இரண்டு முறையும் பரிசு வரவில்லை. 2022-இல், 83 வயதில், கௌரவ ஆஸ்கர் கொடுத்தார்கள்.

தொண்ணூறுகளில் இயக்குநரும் ஆனார். 'ஃபெய்த்லெஸ்' (2000) படத்தின் திரைக்கதை பெர்க்மனுடையது, இயக்கம் இவருடையது. கதையில் வரும் கிழட்டு இயக்குநரின் பெயரும் பெர்க்மன்! அந்த வேடத்திலும் நம்ம யோசஃப்சன்தான்.

எதில் தொடங்கலாம் என்றால், 'பெர்சோனா' வேண்டாம், 'இலையுதிர்கால சொனாட்டா' (1978) பாருங்கள். புகழ்பெற்ற பியானோ கலைஞரான அம்மாவாக நடிகை இங்க்ரிட் பெர்க்மன் (இயக்குநர் பெர்க்மனுக்கு உறவில்லை), மகளாக உல்மன். இசையமைப்பாளர் ஷோபானின் ஒரு சிறு இசைத்துண்டை மகள் தட்டுத்தடுமாறி வாசிக்கிறாள். அப்புறம் அம்மா உட்கார்ந்து, இப்படி வாசிக்க வேண்டும் என்று விளக்கி, அதையே வாசித்துக் காட்டுகிறார். மகள் பக்கத்தில் உட்கார்ந்து, பியானோவைப் பார்க்காமல் அம்மாவின் முகத்தையே பார்த்துக்கொண்டிருக்கிறாள். அந்த இடத்தில் சப்டைட்டில் தேவையே இல்லை.