அப்பா பிடித்த கேமரா

கேள்வி: புகைப்பட நிலையம் நடத்திவந்த என் அப்பா மறைந்தபின், அவர் எடுத்த சூப்பர் 8 (வீட்டுப் படங்கள் எடுக்கப் பயன்பட்ட 8 மி.மீ. சினிமா ஃபிலிம்) படச்சுருள்கள் சில கிடைத்தன. அவருடைய புரொஜெக்டரிலேயே ஓட்டிப் பார்த்தேன். ஒலி இல்லை, கேமரா அவர் கையில் இருந்ததால் எதிலும் அவர் முகமும் இல்லை. அவரைப் பற்றி ஒரு படம் எடுக்க ஆசை. விடுபட்டவற்றை நடிகரை வைத்து எடுக்கலாமா? அம்மா கேமரா முன் பேச மறுக்கிறார்.
- வாசகர், காரைக்குடி

பதில்: நடிகர் வேண்டாம் என்பதே என் கருத்து. அந்தச் சுருள்களில் அப்பா இல்லை என்கிறீர்கள். ஆனால் கேமரா யார் பக்கம் திரும்புகிறது, எந்த முகத்தை விட்டு நகர மறுக்கிறது, எங்கே கை நடுங்குகிறது என்பதெல்லாம் அவர்தான். ஒரு சூப்பர் 8 சுருள் 50 அடி நீளம்; நொடிக்கு 18 ஃபிரேம் வேகத்தில் ஓட்டினால் 3 நிமிடம் 20 விநாடியில் தீர்ந்துவிடும். அந்தக் கொஞ்ச நேரத்தை அவர் யார் யாருக்கு, எதெதற்குச் செலவிட்டார் என்று சுருள் சுருளாகக் குறித்துப் பாருங்கள். வேறொருவர் அவரைப்போலச் சட்டை போட்டுக்கொண்டு நடந்தால் இந்தச் சாட்சியம் முழுவதும் மங்கிப்போகும்.

லிதுவேனியாவில் 1922இல் பிறந்த திரைப்பட இயக்குநர் ஜோனஸ் மேகாஸ், 1944இல் தம்பியுடன் ஊரைவிட்டுத் தப்பி, ஜெர்மனியின் ஹாம்பர்க் அருகே எல்ம்ஸ்ஹார்னில் கட்டாய உழைப்பு முகாமில் அகப்பட்டு, 1949இல் நியூயார்க் வந்து சேர்ந்தவர். வந்த சில வாரங்களிலேயே கடன் வாங்கி ஒரு போலெக்ஸ் கேமரா வாங்கினார். 1971இல் பிறந்த ஊருக்குத் திரும்பி அவர் எடுத்த பயணப் படத்தில், அந்த முகாம் இருந்த இடத்துக்கும் போகிறார். அங்கே புல் முளைத்திருக்கிறது; இப்படியொரு முகாம் இருந்ததே ஊராருக்கு நினைவில்லை. அவர் முகாமை மறுபடி கட்டி யாரையும் நடிக்க வைக்கவில்லை. அந்த வெற்றிடத்தைக் காட்டித் தம் குரலில் பேசினார். அவருடைய தாய், வீட்டு வாசலில் தீமூட்டிச் சமைக்கும் காட்சிகளோ துண்டு துண்டாகப் பாய்ந்து ஓடுகின்றன. அத்தனை ஆண்டு கழித்து வந்த பிள்ளையின் பரபரப்பை அந்த ஓட்டத்திலேயே உணர்கிறோம். நீங்களும் அப்பாவின் நிலையம் இருந்த இடத்தை, இன்று அது மருந்துக்கடையாகவே மாறியிருந்தாலும், அப்படியே எடுங்கள்.

அம்மாவை வற்புறுத்த வேண்டாம். பெல்ஜிய இயக்குநர் ஷான்டால் அகெர்மன், நியூஸ் ஃப்ரம் ஹோம் படத்தில், பிரஸ்ஸல்ஸிலிருந்து தம் தாய் எழுதிய கடிதங்களைத் தாமே வாசிக்கிறார். திரையில் நியூயார்க் தெருக்களும் சுரங்க ரயிலும்தாம். வண்டி இரைச்சலில் சில வரிகள் அமுங்கியும் போகின்றன. தாயின் முகத்தை ஒருமுறைகூடக் காணாமலே, அவருடைய கவலையும் ஏக்கமும் நமக்குப் பழகிவிடுகின்றன. உங்கள் அம்மாவோடு உட்கார்ந்து சுருள்களைப் பாருங்கள். "இது யார், இது எந்த வீடு" என்று நீங்கள் கேட்க அவர் சொல்லும் பதில்களை, அவர் சம்மதித்தால், குரலாக மட்டும் பதிவு செய்யலாம். அதற்கும் மனமில்லை என்றால் விட்டுவிடுங்கள். அவர் முன்பு சொல்லி உங்களுக்கு நினைவிருப்பதை நீங்களே பேசி, வெளியிடுமுன் அவரிடம் போட்டுக் காட்டுங்கள்.

ஒன்று அவசரம். இனி அந்தச் சுருள்களைப் புரொஜெக்டரில் ஓட்டாதீர்கள். பழைய ஃபிலிம் சுருங்கியிருக்கும், பற்சக்கரத்தில் மாட்டினால் கிழிந்துவிடும். அம்மாவுக்குக் காட்டுவதும் ஸ்கேன் செய்த பிரதியாகவே இருக்கட்டும். ஒவ்வொரு டப்பாவையும் திறந்து முகர்ந்து பாருங்கள். வினிகர் நெடி அடித்தால் அந்த ஃபிலிம் சிதையத் தொடங்கிவிட்டது என்று பொருள். அதை மற்றவற்றோடு சேர்த்து வைக்காமல், முதலில் ஸ்கேன் செய்யக் கொடுத்துவிடுங்கள்.