நள்ளிரவில் லூடோ கூப்பிடுகிறது: நுகர்வோர் கேள்வி-பதில்

விடுமுறை முடிந்து பிள்ளைகள் பெரியவர்களின் போனைத் திருப்பிக் கொடுத்துவிட்டார்கள் போலிருக்கிறது. இந்த முறை வந்த கடிதங்களில் பாதிக்கு மேல் ஒரே முறைப்பாடு: யாரும் விளையாடவில்லை, ஆனால் கேம் கூப்பிட்டுக்கொண்டே இருக்கிறது. ரைஸ் குக்கர், மேசை விசிறிக் கேள்விகளை அடுத்த முறைக்குத் தள்ளிவிட்டேன். அனுப்பியவர்கள் பொறுத்துக்கொள்ளுங்கள்.

கேள்வி: பேரன் என் போனில் லூடோ விளையாடினான். அவன் போனதும் அதை அழித்துவிட்டேன். ஆனாலும் இரவு ஒரு மணி, இரண்டு மணிக்கு “உங்கள் முறை வந்துவிட்டது”, “இன்றைய பரிசு காத்திருக்கிறது” என்று டிங் டிங் என்கிறது. அழித்த கேம் எப்படிப் பேசும்?
— ஓய்வுபெற்ற ஆசிரியை, உவர்மலை

பதில்: பேசாது, டீச்சர். போனிலிருந்து அழித்த கேமால் மணி அடிக்க முடியாது. உங்களை எழுப்புவது அநேகமாக ஒரு வெப்சைட். பேரன் குரோமில் ஏதோ ஒரு சைட்டுக்குப் போயிருக்கிறான், அந்த சைட் “அறிவிப்பு அனுப்பலாமா?” என்று கேட்டிருக்கிறது, அவன் விளையாடுகிற அவசரத்தில் “அலவ்” என்பதை அழுத்திவிட்டான். அவன் வீட்டுக்குப் போய்விட்டான், அனுமதி உங்கள் போனிலேயே தங்கிவிட்டது.

அடுத்த முறை அறிவிப்பு வந்தால் உடனே தள்ளிவிடாதீர்கள். மேலே சிறிய எழுத்தில் அனுப்பியவரின் பெயர் இருக்கும். அதில் குரோம் என்று இருந்தால் நான் சொன்னதுதான் காரணம். குரோமைத் திறந்து மூன்று புள்ளி, செட்டிங்ஸ், சைட் செட்டிங்ஸ், நொட்டிபிகேசன்ஸ் என்று போங்கள். அனுமதி வாங்கிய சைட்டுகள் வரிசையாக நிற்கும். தெரியாத பெயர் எல்லாவற்றையும் புளொக் செய்யுங்கள். எந்த சைட்டும் இனிமேல் கேட்கவே கூடாது என்றால் அதே பக்கத்தில் மேலே உள்ள சுவிட்சை அணையுங்கள். நான் அணைத்து நெடுநாள். ஒரு குறையும் வரவில்லை.

பெயரில் வேறொரு கேம் இருந்தால் இன்னும் சுலபம். அன்ட்ரொயிட் போனில் அந்த அறிவிப்பின் மேல் விரலை அழுத்திப் பிடித்தால் நிறுத்தும் வழி அங்கேயே வரும். ஐபோனில் அறிவிப்பை இடப்பக்கம் இழுத்தால் ஒப்சன்ஸ், அதற்குள் டர்ன் ஓப்.

தூக்கத்தில் கை பட்டு அறிவிப்பு மறைந்துவிடுகிறதா? அன்ட்ரொயிட் 11 முதல் நொட்டிபிகேசன் ஹிஸ்டரி என்று ஒன்று இருக்கிறது. செட்டிங்ஸில் நொட்டிபிகேசன்ஸ் பக்கத்தில் அதை இன்றைக்கே போட்டு வையுங்கள். இரவு மணி அடித்தவர் யார் என்று காலையில் தேநீரோடு பார்க்கலாம்.

கேள்வி: அறிவிப்பை நிறுத்தினால் கேமில் சேர்த்த காசும் லெவலும் போய்விடுமா?
— வாசகர், அன்புவழிபுரம்

பதில்: போகாது.

கேள்வி: மத்திய வீதியில் ஒரு கடையில் 38,000 ரூபாவுக்குப் புதிய போன் வாங்கினேன். முதல் நாளிலிருந்தே நான் போடாத ஐந்தாறு கேம்கள் உள்ளே இருக்கின்றன. கடலுக்குப் போன தம்பியின் அழைப்பு என்று ஓடிப்போய் எடுத்தால் “இலவச நாணயம்” என்று இருக்கிறது. கடைக்காரர், “அது கம்பெனி செட்டிங், ஒண்டும் செய்யேலாது” என்கிறார்.
— மீன் வியாபாரி, சாம்பல்தீவு

பதில்: செய்யேலும், அண்ணா. கேமின் படத்தில் விரலை அழுத்திப் பிடித்து அன்இன்ஸ்டோல் கொடுங்கள். அது வராத பிடிவாதக்காரச் செயலிகளுக்கு டிஸேபிள் என்று இருக்கும். அதை அழுத்தினால் உறங்கிப்போகும். விலை குறைந்த போன்களில் இப்படிக் கேம்களை ஏற்றி அனுப்புவதற்குக் கேம்காரர்கள் போன் கம்பெனிக்குப் பணம் கொடுப்பது உலக வழக்கம். ஆகவே கடைக்காரர் சொன்னதில் பாதி உண்மை.

மற்றப் பாதிக்கு வருகிறேன். இது என் நெடுநாள் வயிற்றெரிச்சல், கொஞ்சம் நீளும்.

நம் ஊரில் போன் வாங்குவது எப்படி? பெட்டியைக் கடையிலேயே உடைப்போம். “தம்பி, எல்லாம் செட் பண்ணித் தாங்கோ” என்போம். மேசைக்குப் பின்னால் நிற்கும் பெடியனுக்கு இன்னும் நான்கு பேர் காத்திருக்கிறார்கள். அவன் அடுத்தது, அடுத்தது, சம்மதம், அலவ், அலவ் என்று கண்ணை மூடிக்கொண்டு அழுத்துகிறான். “இந்தச் செயலிகளையும் போடவா?” என்று போன் ஒரு பட்டியலைக் காட்டிக் கேட்கும். எல்லாவற்றிலும் முன்கூட்டியே சரி போட்டிருக்கும். அவற்றை ஒவ்வொன்றாக எடுக்க அவனுக்கு எங்கே நேரம்? அன்ட்ரொயிட் 13 வந்த 2022இலிருந்து, புதிதாகப் போடும் செயலி அறிவிப்பு அனுப்புவதற்கு முதலில் உங்களிடம் கேட்டாக வேண்டும். ஐபோனிலும் அப்படித்தான். உங்களிடம் கேட்க வேண்டிய கேள்விக்குக் கடைப் பெடியன் பதில் சொன்னால் அந்த விதியால் யாருக்கு என்ன பலன்?

நானும் இதில் அடிபட்டவன். என்னுடைய முதல் ஸ்மார்ட் போனை இப்படித்தான் “செட் பண்ணி” வாங்கினேன். எனக்கு அப்போது ஜிமெயில் இல்லை. பெடியன் தன்னுடையதையே போட்டுவிட்டான். நல்ல பிள்ளை, உதவி என்றுதான் நினைத்திருப்பான். ஒன்பது மாதம் கழித்துப் போன் குழம்பி, எல்லாவற்றையும் அழித்துத் திறக்க வேண்டி வந்தது. பழைய கணக்கின் கடவுச்சொல்லைப் போடு, இல்லாவிட்டால் திறக்கமாட்டேன் என்று நின்றுவிட்டது. கடைக்கு ஓடினேன். பெடியன் கட்டாருக்குப் போய் இரண்டு மாதமாம். அந்தப் போன் இன்னும் என் மேசை லாச்சிக்குள் கிடக்கிறது.

ஆகவே போன் வாங்கும்போது பெட்டியை மூடியே வீட்டுக்குக் கொண்டுவாருங்கள். கடையில் செய்ய வேண்டியது வேறு. ஒவ்வொரு போனுக்கும் தனி அடையாளமாக, பெட்டியில் உள்ள 15 இலக்க ஐ.எம்.ஈ.ஐ. எண்ணை, முன்னால் ஐ.எம்.ஈ.ஐ. என்று ஆங்கிலத்தில் தட்டி ஓர் இடைவெளி விட்டு, 1909க்கு எஸ்.எம்.எஸ். அனுப்புங்கள். தொலைத்தொடர்புகள் ஒழுங்குபடுத்தும் ஆணைக்குழுவில் அந்தப் போன் பதிவாகியிருக்கிறதா என்று பதில் வரும். அதே எண் பற்றுச்சீட்டிலும் எழுதப்பட்டிருக்க வேண்டும். பற்றுச்சீட்டு கேட்டால் தர வேண்டியது 2003ஆம் ஆண்டின் 9ஆம் இலக்க நுகர்வோர் அலுவல்கள் அதிகாரசபைச் சட்டப்படி வியாபாரியின் கடமை. வாங்கிய பொருளில் குறை என்றால் மூன்று மாதத்துக்குள் எழுத்தில் அதிகாரசபைக்கு முறையிட வேண்டும். விசாரிக்க அதிகாரசபையின் தொலைபேசி இலக்கம் 1977. நான்காம் மாதம் எனக்குக் கடிதம் எழுதுகிறவர்களுக்கு நான் என்னதான் சொல்ல?

கேள்வி: தேவையில்லாத அறிவிப்புகளை நிறுத்தும் செயலி ஒன்று மாதம் 900 ரூபாவுக்கு இருக்கிறது. வாங்கலாமா?
— வாசகர், பாலையூற்று

பதில்: வேண்டாம். போனிலேயே உள்ள சுவிட்சுக்கு எதற்கு மாத வாடகை? நான் ஒரு முறை போனைச் “சுத்தப்படுத்தும்” செயலியை ஒரு வருடத்துக்குக் காசு கட்டி வாங்கினேன். அது மணிக்கொரு தடவை “உங்கள் போன் அழுக்காக இருக்கிறது” என்று அறிவித்தது.

கேள்வி: 100 ரூபா ரீலோட் போட்டால் அடுத்த நாள் 80 சொச்சம்தான் இருக்கிறது. கேம், கேள்விப் போட்டி என்று ஓயாமல் எஸ்.எம்.எஸ். வருகிறது. நொட்டிபிகேசன் எல்லாம் நிறுத்திவிட்டேன். காசு குறைவது நிற்கவில்லை. எனக்கு ஆங்கிலம் வராது, ஏதாவது பிழையாக அழுத்திவிட்டேனா?
— ஆட்டோ ஓட்டுநர், கிண்ணியா

பதில்: நானா, பிழை உங்களுடையது இல்லை. வாசிக்க முடியாத மொழியில் ஒரு பெட்டி திடீரென்று வந்து நின்றால் யாரும் அதை எப்படியாவது மூடத்தான் பார்ப்பார்கள். சில வேளை அதுவே சம்மதமாகிவிடுகிறது. நாள்தோறும் காசு எடுக்கும் இந்தச் சந்தாவுக்குப் பெறுமதி சேர் சேவை என்று பெயர் வைத்திருக்கிறார்கள். யாருக்குப் பெறுமதி சேர்கிறது என்பதை உங்கள் ரீலோட் சொல்கிறது. போனின் அறிவிப்புச் சுவிட்சுக்கும் இதற்கும் தொடர்பில்லை. காசு சிம்மிலிருந்து போகிறது.

இன்றே உங்கள் சிம் கம்பெனியின் வாடிக்கையாளர் சேவையை அழைத்து, தமிழில் பேசுபவரைக் கேளுங்கள். “என் இலக்கத்தில் ஓடுகிற எல்லா பெறுமதி சேர் சேவைகளையும் வாசித்துக் காட்டுங்கள், எல்லாவற்றையும் நிறுத்துங்கள், எடுத்த காசைத் திருப்பித் தாருங்கள்” என்று இந்த மூன்றையும் சொல்லுங்கள். முறைப்பாட்டு இலக்கம் கேட்டு, திகதியோடும் பேசியவர் பெயரோடும் எழுதி வையுங்கள். இரண்டு நாள் கழித்து மீதிக் காசைப் பாருங்கள். மறுபடியும் குறைந்தால், அந்தக் குறிப்பை எல்லாம் சேர்த்துத் தொலைத்தொடர்புகள் ஒழுங்குபடுத்தும் ஆணைக்குழுவுக்கு எழுதுங்கள். எழுத உதவி வேண்டுமென்றால் எனக்கு அனுப்புங்கள், நான் எழுதித் தருகிறேன். இருபது ரூபாதானே என்று விட்டுவிடாதீர்கள். ஒரு நாளைக்கு இருபது என்றால் மாதம் அறுநூறு.

கேள்வி: என் லப்டொப்பில் வலப்பக்க மூலையில் கேம் விளம்பரங்களும் “வைரஸ் இருக்கிறது” என்ற எச்சரிக்கையும் மாறி மாறி வருகின்றன. சூம் வகுப்பில் திரையைப் பகிர்ந்தபோது எல்லோரும் பார்த்துவிட்டார்கள். 3,500 ரூபா கொடுத்து விண்டோஸை அழித்துப் புதிதாகப் போட்டேன். ஒரே கிழமையில் திரும்பவும் வந்துவிட்டது. இரண்டாம் முறையும் போட்டேன். மூன்றாம் முறை போடவா?
— வளாக மாணவன், நிலாவெளி

பதில்: ஏழாயிரம் ரூபா. தம்பி, அந்தக் காசுக்கு எத்தனை நாள் சாப்பாடு? முதல் முறை வந்தபோது மூலையில் வருவது யாருடைய பெயரில் வருகிறது என்று ஒரு நிமிடம் வாசித்திருக்கலாம்.

களவாகப் படம் காட்டும் சைட் ஏதாவது பார்க்கிறாயா? அங்கே “நீ ரோபோ இல்லை என்றால் அலவ் அழுத்து” என்று வரும். ரோபோ இல்லை என்று காட்ட அறிவிப்புக்கு எதற்கு அனுமதி? கடைக்காரர் விண்டோஸைத் துடைக்கிறார், நீ அன்றிரவே அதே சைட்டுக்குப் போய் அதே பொத்தானை அழுத்துகிறாய். வைரஸ் எச்சரிக்கையும் அந்த வழியில் வருவதுதான். அதைத் தொட்டுவிடாதே. கணினியின் குரோமில் செட்டிங்ஸ், பிரைவசி, சைட் செட்டிங்ஸ், நொட்டிபிகேசன்ஸ் போய் அனைத்தையும் நீக்கு. செலவு: பூச்சியம்.

உண்மையான கேம் அறிவிப்புகளுக்கு விண்டோஸ் 11இல் செட்டிங்ஸ், சிஸ்டம், நொட்டிபிகேசன்ஸ் என்று போனால் ஒவ்வொரு செயலிக்கும் ஒரு சுவிட்ச் இருக்கும். கணினிக் கேம்களை வாங்கி விளையாடும் ஸ்டீம் என்ற செயலியை வைத்திருந்தால் அதன் செட்டிங்ஸில் இன்டர்பேஸ் பக்கத்தைத் திற. கணினியோடு சேர்ந்து தானே தொடங்குவதற்கும், புதுக் கேம் வெளியீடுகளைச் சொல்வதற்கும் அங்கே குறி போட்டிருக்கும். இரண்டையும் எடு. விண்டோஸ் பொத்தானும் ஜீயும் சேர்ந்து அழுத்துப்பட்டால் திறக்கும் கேம் பாருக்கு அதன் பற்சக்கரத்துக்குள் தனியாக நொட்டிபிகேசன்ஸ் பக்கம் உண்டு.

கடுமையாகப் பேசிவிட்டேன் என்று நினைக்காதே. “கேமிங்” விசைப்பலகை என்று ஏழு நிறத்தில் எரியும் ஒன்றைக் கொழும்பிலிருந்து சுமந்து வந்தவன் நான். அதோடு வந்த மென்பொருள் ஒவ்வொரு நாள் காலையும் புதுப்பிக்கச் சொல்லி எழும்பி நின்றது. இந்தப் பத்தியை நான் பழைய கறுப்பு விசைப்பலகையில்தான் தட்டுகிறேன்.

கேள்வி: மகன் ஐந்தாம் தரம். புலமைப்பரிசிலுக்குப் படிக்கிறான். படிக்கும் நேரம் பார்த்து “வைரம் பாதி விலை, இன்னும் இரண்டு மணித்தியாலம்தான்” என்று சண்டைக் கேம் கூப்பிடுகிறது. நேற்று என் வங்கி அட்டையில் 4,200 ரூபா போய்விட்டது. அவன் அழுகிறான், எனக்கு அடிக்கவும் மனம் வரவில்லை.
— தாய், மூதூர்

பதில்: அடிக்காதீர்கள், அக்கா. பத்து வயதுப் பிள்ளையை ஓடும் கடிகாரத்தைக் காட்டி அவசரப்படுத்தியவர்கள் பெரியவர்கள்.

முதலில் காசு. நேற்றுத்தான் என்றால் நேரம் இருக்கிறது. கூகுள் பிளேயில் வாங்கியதை 48 மணித்தியாலத்துக்குள் அங்கேயே திருப்பிக் கேட்கலாம். உங்கள் கணக்கில் உள்ள ஓர்டர் பட்டியலில் அந்த வைரத்தைத் தொட்டு, ரிபண்ட் கேட்டு, பிள்ளை தெரியாமல் வாங்கியது என்று எழுதுங்கள். இதை வாசித்து முடிக்கும்வரைகூடக் காத்திருக்க வேண்டாம்.

அப்புறம் பிளே ஸ்டோரின் செட்டிங்ஸில், ஒவ்வொரு முறை வாங்கும்போதும் கடவுச்சொல் கேட்கும்படி வையுங்கள். அட்டையையே நீக்கிவிட்டால் இன்னும் நல்லது. கேமின் அறிவிப்பைப் போன் செட்டிங்ஸில் முழுதாக அணையுங்கள். கேமுக்குள்ளே போய் அணைக்கலாம் என்று மகன் சொல்வான். அவனை அந்தப் பக்கம் போகவிட்டால் திரும்பி வர ஒரு மணித்தியாலம் ஆகும். பரீட்சை வரை கேமை அழித்தே வைக்கலாம். அவனுடைய கணக்கில் இணைத்து விளையாடியிருந்தால் திரும்பப் போடும்போது லெவல் அப்படியே இருக்கும் என்று சொல்லுங்கள், பாதி அழுகை அதோடு நின்றுவிடும்.

கேள்வி: கடற்கரையில் 2,500 ரூபாவுக்கு வாங்கிய ஸ்மார்ட் கைக்கடிகாரம் ஒவ்வொரு கேம் அறிவிப்புக்கும் கையை நடுக்குகிறது. கோணேசர் கோயில் வரிசையிலும் நடுங்கியது.
— வாசகர், லிங்கநகர்

பதில்: கடிகாரத்தின் செயலியை உங்கள் போனில் திறந்தால் எந்தெந்த அறிவிப்பு கைக்கு வர வேண்டும் என்று பட்டியல் இருக்கும். அழைப்பை மட்டும் விட்டு மற்றதை எடுங்கள். விலையைப் பற்றி நான் எதுவும் சொல்லமாட்டேன், என்னிடமும் அதே கடிகாரம் இருந்தது.

கேள்வி: போன முறை நீங்கள் “படுக்கும்போது டூ நொட் டிஸ்டர்ப் போடுங்கள், எந்தக் கேமும் எழுப்பாது” என்று எழுதினீர்கள். போட்டேன். கனடாவிலிருந்து அண்ணா ஐந்து தடவை எடுத்திருக்கிறார், ஒன்றும் கேட்கவில்லை. அம்மாவுக்குத்தான் ஏதோ ஆகிவிட்டது என்று பயந்து பக்கத்து வீட்டுக்காரரை அனுப்பியிருக்கிறார்.
— வாசகி, உட்துறைமுக வீதி

பதில்: பிழை என்னுடையது. யாரை உள்ளே விடுவது என்று சொல்லாமல் கதவை மட்டும் பூட்டச் சொல்லிவிட்டேன். அண்ணாவின் பெயரைத் தொடர்புகளில் நட்சத்திரமிட்டு வையுங்கள். பிறகு டூ நொட் டிஸ்டர்ப் செட்டிங்ஸில் அழைப்புகள் என்ற இடத்தில் நட்சத்திரமிட்டவர்களுக்கு அனுமதி கொடுங்கள். அங்கேயே திரும்ப அழைப்பவர்கள் என்று ஒரு சுவிட்சும் இருக்கும். அன்ட்ரொயிட்டில் அதைப் போட்டு வைத்தால், ஒரே ஆள் பதினைந்து நிமிடத்துக்குள் இரண்டாவது முறை எடுத்தால் மணி அடிக்கும். ஐபோனில் அது மூன்று நிமிடம். இரண்டையும் போட்டுவிட்டு, இன்றிரவு படுக்கும் முன் அண்ணாவை ஒரு தடவை எடுத்துப் பார்க்கச் சொல்லுங்கள். பக்கத்து வீட்டுக்காரரிடம் என் சார்பில் மன்னிப்பும் கேட்டுவிடுங்கள்.