மந்தகாலத்தின் பிள்ளைகள் – கடிதம்

அன்புள்ள ஆசிரியருக்கு,

பொருளாதார நெருக்கடி பற்றிய உங்கள் கட்டுரையில் ‘ஒரு சரிவு ஒரு தலைமுறையின் உழைப்பை விழுங்கிவிடுகிறது’ என்று எழுதியிருந்தீர்கள். எனக்கு அதில் உடன்பாடில்லை. நான் மென்பொருள் துறையில் வேலை செய்பவன். எங்கள் துறைக் கூட்டங்களில் ஒரு ஸ்லைடு தவறாமல் வரும். ஏர்பிஎன்பி 2008, வாட்ஸாப் 2009, ஊபர் 2009, பிட்காயின் 2009. எல்லாம் அமெரிக்காவின் லேமன் பிரதர்ஸ் வங்கி கவிழ்ந்த நேரத்தையொட்டிப் பிறந்தவை. அதற்கு முன்பு 1930களின் பெருமந்தத்தில் நைலான், ஜெட் எஞ்சின், ஜெராக்ஸ் மூன்றும் வந்தன. பொருளாதார அறிஞர் ஷும்பீட்டர் சொன்ன ‘படைப்பாக்க அழிவு’ இதுதானே? பெரிய மரம் சாய்ந்தால்தான் கன்றுக்கு வெயில் கிடைக்கும். அப்படியென்றால் ஒவ்வொரு முறையும் அரசு பணத்தைக் கொட்டி முட்டுக் கொடுப்பது புத்தாக்கத்துக்குக் குறுக்கே நிற்பதாகாதா?

ஆர்.

அன்புள்ள ஆர்,

அந்த ஸ்லைடை நானும் பார்த்திருக்கிறேன். அதில் இடம்பெறாத பெயர்களைத்தான் நான் தேடுவேன். அமேசான் 1994, கூகுள் 1998, ஃபேஸ்புக் 2004, யூடியூப் 2005, ஐஃபோன் 2007. எல்லாம் பணம் புழங்கிய வருடங்கள். இவற்றை வைத்து ‘செழிப்பே கண்டுபிடிப்பின் தாய்’ என்று இன்னொரு ஸ்லைடு போட்டால் அதற்கும் கைதட்டுவார்கள். எந்த வருடத்தைத் தொட்டாலும் நாலு பெரிய பெயர் கிடைக்கும். காக்கை உட்காரப் பனம்பழம் விழுந்த கதை.

ஆனால் 1930களைப் பற்றி நீங்கள் சொல்வதை அப்படித் தள்ளிவிட முடியாது. அந்த மூன்றையும் ஒவ்வொன்றாக எடுத்துப் பார்ப்போம்.

நைலான் உங்கள் கட்சிக்குச் சாட்சி சொல்லாது. டூபாண்ட் என்ற அமெரிக்க வேதிப்பொருள் நிறுவனம் உடனடி லாபத்தை எதிர்பார்க்காத அடிப்படை ஆராய்ச்சிக்கென்று ஒரு திட்டத்தை 1927ல் தொடங்கியது. ஹார்வர்டில் கற்பித்துக்கொண்டிருந்த வாலஸ் கரோதர்ஸை 1928ல் அழைத்து வந்தது. பங்குச்சந்தை விழுந்தது 1929 அக்டோபரில். அதாவது விதை விழுந்தது கொழுத்த காலத்தில். நைலான் 1935ல் ஆய்வகத்தில் உருவாகி, 1940ல் காலுறையாகக் கடைக்கு வந்தது. இடையில் இருந்த பஞ்சத்தைத் தாங்கும் கையிருப்பு அந்த நிறுவனத்திடம் இருந்தது, அவ்வளவுதான்.

ஜெட் எஞ்சின் கதை இன்னும் மோசம். பிரிட்டிஷ் விமானப்படை அதிகாரியான ஃபிராங்க் விட்டில் தன் எண்ணத்துக்கு 1930 ஜனவரியில் காப்புரிமை கேட்டு விண்ணப்பித்தார். அப்போது அவருக்கு வயது 22. விமான அமைச்சகம் அக்கறை காட்டவில்லை, தொழிற்சாலைகளும் கைவிரித்தன. 1935 ஜனவரியில் காப்புரிமையைப் புதுப்பிக்க வேண்டியிருந்தது. கட்டணம் ஐந்து பவுண்டு. அவரிடம் அந்தப் பணம் இல்லை. அமைச்சகமும் கட்ட மறுத்துவிட்டது. காப்புரிமை காலாவதியானது. பிறகு நண்பர்கள் சேர்ந்து முதல் திரட்டி, 1937 ஏப்ரலில் அவருடைய எஞ்சின் முதன்முறையாக ஓடியது. ஆனால் உலகின் முதல் ஜெட் விமானம் 1939 ஆகஸ்ட் 27 அன்று ஜெர்மனியில் பறந்தது. விட்டிலின் எஞ்சினோடு பிரிட்டிஷ் விமானம் மேலெழும்ப 1941 மே வரை ஆயிற்று. இதில் மந்தம் யாரைப் பெற்றது, யாரை வளர்த்தது என்று எனக்குப் புரியவில்லை.

மூன்றாவது, ஜெராக்ஸ் முறையைக் கண்டுபிடித்த செஸ்டர் கார்ல்சன். இவர் உங்கள் பக்கத்துச் சாட்சி, அதனால் கொஞ்சம் விரிவாகவே சொல்கிறேன். 1930ல் இயற்பியல் பட்டத்தோடு வெளியே வந்தார். 82 நிறுவனங்களுக்கு விண்ணப்பித்தார், ஒன்றும் வேலை தரவில்லை. ஒருவழியாக பெல் ஆய்வகத்தில் இடம் கிடைத்தது, 1933ல் ஆட்குறைப்பில் அதுவும் போனது. கடைசியில் ஒரு மின்பொருள் நிறுவனத்தின் காப்புரிமைப் பிரிவில் உட்கார்ந்தார். அங்கே ஆவணங்களுக்குப் பிரதி எப்போதும் போதாது. கார்பன் தாள் வைத்துத் தட்டச்சு செய்ய வேண்டும், அல்லது படம் பிடிக்க அனுப்பிக் காத்திருக்க வேண்டும். மாலையில் சட்டம் படித்தார். புத்தகம் வாங்கக் காசில்லாமல் நூலகத்தில் உட்கார்ந்து பக்கம் பக்கமாகக் கையால் எழுதிக்கொண்டார். கை வலித்த மனிதனுக்கு நகலெடுக்கும் இயந்திரம் தோன்றியதில் ஆச்சரியம் என்ன? வேலை போகாமல் இருந்திருந்தால் அந்த மேசைக்கு அவர் வந்திருக்க மாட்டார். இதை ஒப்புக்கொள்கிறேன்.

1938 அக்டோபர் 22. நியூயார்க்கின் அஸ்டோரியா பகுதியில் ஒரு வாடகை அறை. ஆஸ்திரியாவிலிருந்து வந்த ஓட்டோ கோர்னே என்ற பொறியாளர் உதவிக்கு இருக்கிறார். ஒரு துத்தநாகத் தகட்டில் கந்தகம் பூசுகிறார்கள். கண்ணாடித் துண்டில் மையால் தேதியையும் ஊர்ப் பெயரையும் எழுதுகிறார்கள். திரையை இழுத்து அறையை இருட்டாக்கி, தகட்டைக் கைக்குட்டையால் தேய்த்து மின்னேற்றுகிறார்கள். கண்ணாடியை அதன்மேல் வைத்துச் சில நொடிகள் விளக்கொளி காட்டி எடுத்துவிட்டு, ஒரு செடியின் மகரந்தம் போன்ற நுண்பொடியைத் தூவி ஊதுகிறார்கள். எழுத்து மட்டும் தகட்டில் நிற்கிறது. மெழுகுத் தாளை அழுத்திச் சூடு காட்டியதும் அது தாளுக்கு வந்துவிடுகிறது.

வழக்கமாகக் கதையை இங்கே முடித்துவிடுவார்கள். பிறகு நடந்தது என்ன? கோர்னேக்கே இதில் நம்பிக்கை வரவில்லை. வருங்கால வருமானத்தில் தனக்கென்று பேசிவைத்த பத்து சதவீதத்தையும் விட்டுக்கொடுத்துவிட்டு ஒரு வருடத்துக்குள் விலகினார். 1939 முதல் 1944 வரை இருபதுக்கும் மேற்பட்ட நிறுவனங்கள் கார்ல்சனைத் திருப்பி அனுப்பின. அந்த வருடங்களில் மந்தம் முடியும் தறுவாய், பிறகு போர். 1944ல் பேட்டல் என்ற லாபநோக்கற்ற ஆய்வு நிறுவனம்தான் கை கொடுத்தது. 1947ல் ஹாலாய்ட் என்ற புகைப்படத்தாள் நிறுவனம் சேர்ந்துகொண்டது. அதுதான் பின்னாளில் ஜெராக்ஸ். ஒரு பொத்தானை அமுக்கினால் சாதாரணத் தாளில் நகல் தரும் இயந்திரம் விற்பனைக்கு வந்தது 1959ல். அறையில் எழுத்து தெரிந்ததிலிருந்து 21 வருடம்.

ஒரு எண்ணம் வருவதற்கு வேலையில்லாத் திண்டாட்டம் தூண்டுதலாக இருக்கலாம். அந்த எண்ணம் பொருளாக மாறும்வரை யாராவது சோறு போட வேண்டும். நெருக்கடியில் முதலில் கை வைக்கப்படுவது அந்தச் சோற்றில்தான். வருமானம் குறைந்தால் எந்த நிதி அதிகாரியும் என்றோ ஒருநாள் பலன் தரக்கூடிய ஆய்வகத்தைத்தான் முதலில் வெட்டுவார். பெருமந்தத்தின்போது அமெரிக்காவில் காப்புரிமை விண்ணப்பங்கள் கணிசமாகக் குறைந்தன. காப்புரிமை வைத்துப் புத்தாக்கத்தை அளப்பதில் ஆயிரம் ஓட்டை உண்டு என்பது தெரியும். இருந்தாலும் மந்தம் கண்டுபிடிப்பைப் பெருக்கியிருந்தால் அந்தக் கோடு மேலே போயிருக்க வேண்டும்.

என் வாதத்துக்கு எதிரானதையும் வைத்துவிடுகிறேன். பெரிய புத்தாக்கங்கள் மந்தகாலத்தில்தான் கூட்டமாக வருகின்றன என்று கெர்ஹார்ட் மென்ஷ் என்ற பொருளாதார அறிஞர் 1975ல் ஒரு நூலே எழுதினார். கிறிஸ்டோபர் ஃப்ரீமனும் அவர் கூட்டாளிகளும் 1982ல் அதை மறுத்தார்கள்: தேதிகளைத் தேர்ந்தெடுத்த விதமே சிக்கல், மந்தம்தான் விசை என்பதற்கு ஆதாரம் போதாது என்பது அவர்கள் தரப்பு. எனக்கு இதைவிடப் பெரிய தலைவலி பொருளாதார வரலாற்றாசிரியர் அலெக்ஸாண்டர் ஃபீல்ட். அமெரிக்காவின் இருபதாம் நூற்றாண்டில் தொழில்நுட்பம் மிக வேகமாக முன்னேறிய பத்தாண்டு 1930கள்தான் என்று 2003ல் வாதிட்டவர் அவர். ஆனால் அவர் காட்டும் காரணங்களைப் பாருங்கள். அதற்கு முன்பே வேரூன்றி அந்த வருடங்களிலும் வளர்ந்த தொழிற்சாலை ஆய்வகங்கள் ஒன்று. அரசுப் பணத்தில் போடப்பட்ட சாலைகள் இன்னொன்று. நீங்கள் ‘முட்டுக் கொடுப்பது’ என்று சொல்லும் வகைச் செலவு அங்கே கன்றுக்குத் தண்ணீராகப் போயிருக்கிறது.

இனி ஷும்பீட்டர். பாவம், அவரை எல்லோரும் இரண்டே சொல்லாகச் சுருக்கிவிட்டார்கள். அவர் போட்ட வரிசை உங்கள் வரிசைக்கு நேரெதிர். முதலில் புத்தாக்கம். வங்கிக் கடனை நம்பி ஒரு தொழில்முனைவர் துணிகிறார். அவர் ஜெயித்ததைப் பார்த்துப் பின்னால் ஒரு கூட்டம் இறங்குகிறது. கடனும் விலையும் ஏறுகின்றன. புதுப்பொருள் சந்தைக்கு வரும்போது பழைய தொழில்கள் ஆட்டம் காண்கின்றன. அந்த ஆட்டம் அடங்கும் காலம்தான் மந்தம். 1942ல் அவர் ‘படைப்பாக்க அழிவு’ என்றதும் புதியது பழையதை உள்ளிருந்து தின்பதைத்தான். மந்தம் வந்து களையெடுப்பதை அல்ல. ஒரு விஷயத்தில் அவர் உங்கள் ஆள் என்பது உண்மை: மீட்சி தானாக வர வேண்டும், செயற்கையாகத் தூண்டினால் சரிக்கட்டல் பாதியில் நின்றுவிடும் என்று 1930களில் சொன்னார். அதே மனிதர் தலைமை வகித்த வியன்னா வங்கி 1924ல் நொடித்துப்போக, வருடக்கணக்கில் கடன் அடைத்தார். களையெடுப்பைத் தன் தோட்டத்திலேயே பார்த்தவர், பாவம்.

அவர் வரிசை சரியா என்று பார்க்க 1840களில் பிரிட்டனை ஆட்டிய ரயில் பங்குப் பித்தைவிட நல்ல இடமில்லை. 1846ல் மட்டும் 263 சட்டங்கள் புதிய ரயில் நிறுவனங்களுக்காக நாடாளுமன்றத்தில் நிறைவேறின. திட்டமிட்ட தூரம் 9,500 மைல். அதில் ஏறத்தாழ மூன்றில் ஒரு பங்கு கடைசிவரை போடப்படவே இல்லை. பங்கு விலை சரிந்தது, சேமிப்பை எல்லாம் போட்ட நடுத்தரக் குடும்பங்கள் தெருவுக்கு வந்தன. தண்டவாளம் மட்டும் மண்ணில் கிடந்தது. அடுத்து வந்தவர்கள் அதில் நிலக்கரியும் கடிதமும் பயணிகளும் ஏற்றினார்கள்.

2000லும் இதே கதை. மார்ச் 10 அன்று 5,048 புள்ளியில் முடிந்த, தொழில்நுட்பப் பங்குகள் நிறைந்த அமெரிக்கப் பங்குக் குறியீடான நாஸ்டாக், 2002 அக்டோபரில் 1,114க்கு வந்தது. கடலடியிலும் நிலத்தடியிலும் தகவல் கடத்தும் கண்ணாடியிழை பதித்த குளோபல் கிராஸிங், வேர்ல்டுகாம் இரண்டும் அந்த வருடமே திவால். இழை அங்கேயேதான் இருந்தது. ஒளி பாயாமல் கிடந்ததால் அதற்கு ‘இருண்ட இழை’ என்றே பெயர் வந்தது. போட்ட முதல் ஏற்கெனவே எரிந்துவிட்டதால் அதை வாங்கியவர் பழைய செலவைச் சுமக்க வேண்டியதில்லை. இணையத்தில் வீடியோவை இலவசமாகக் கொடுக்க முடியும் என்று 2005ல் ஒருவர் கணக்குப் போட முடிந்ததற்கு இதுவும் ஒரு காரணம். நெருக்கடி புத்தாக்கத்துக்கு உதவும் வழி ஒன்று உண்டென்றால் நான் இதைத்தான் சொல்வேன். ஒருவர் பணத்தைத் தொலைத்த இடத்தில் இன்னொருவர் மலிவாகக் குடியேறுகிறார். அதற்கு அங்கே ஏதாவது கட்டப்பட்டிருக்க வேண்டும்.

2008ல் என்ன மிஞ்சியது? அந்த நெருக்கடிக்கும் பின்னால் ஒரு புத்தாக்கம் இருந்தது என்பதை உங்கள் ஸ்லைடு சொல்லாது. வீட்டுக்கடன்களை மூட்டை கட்டி, அடுக்கடுக்காக வெட்டி, விற்று, அவை மூழ்கினால் ஈடு தர இன்னொரு ஒப்பந்தம் எழுதினார்கள். கெட்டிக்காரர்கள் செய்த வேலைதான். அந்த ஈட்டு ஒப்பந்தங்களை மலைபோல் எழுதிக் குவித்த ஏஐஜி என்ற காப்பீட்டு நிறுவனத்துக்கு 2008 செப்டம்பரில் அமெரிக்க மத்திய வங்கி 8,500 கோடி டாலர் கடன் தர வேண்டியதாயிற்று. குமிழி உடைந்தபின் ஆளில்லாத வீடுகள் கிடந்தன. அடுத்தவன் ரயில் விடத் தண்டவாளம் இல்லை. கடந்த இருபது வருடத்தில் தான் பார்த்த முக்கியமான நிதிப் புத்தாக்கம் ஏடிஎம் இயந்திரம்தான் என்று பால் வோல்க்கர் 2009ல் வங்கிக்காரர்கள் முகத்துக்கு நேரே சொன்னார். மத்திய வங்கியின் முன்னாள் தலைவர் அவர். ஏடிஎம்மை அவர் புகழ்ந்ததாக யாரும் எடுத்துக்கொண்டிருக்க மாட்டார்கள்.

உங்களுக்கு உண்மையிலேயே உதவக்கூடிய உதாரணம் 1973. நீங்கள் அதை எழுதாமல் விட்டது எனக்கு ஏமாற்றம். ஒரு பீப்பாய் எண்ணெய் சில மாதங்களில் சுமார் 3 டாலரிலிருந்து 12 டாலருக்கு அருகே போனது. டென்மார்க் தன் எரிசக்தியில் 90 சதவீதத்துக்குமேல் எண்ணெயை நம்பியிருந்த நாடு. அங்கே கிறிஸ்டியன் ரீசேகர் என்ற தச்சர், வாகனப் பாகங்களையும் சாதாரண மின்மோட்டாரையும் சேர்த்து 22 கிலோவாட் காற்றாலை ஒன்றைக் கட்டி மின்கம்பியில் இணைத்தார். பணம் இல்லை, ஆய்வகம் இல்லை, நெருக்கடி மட்டும் இருந்தது. உங்களுக்கு வேண்டிய கதை அப்படியே இருக்கிறது. ஆனால் அவர் பின்பற்றிய வடிவம் யோஹன்னஸ் யூல் 1957ல் கெட்ஸர் என்ற ஊரில் நிறுவிய 200 கிலோவாட் காற்றாலையுடையது. பத்து வருடம் ஒழுங்காக ஓடியதை, எண்ணெய் மலிவு என்று 1967ல் நிறுத்திவைத்தார்கள். நெருக்கடி பரணிலிருந்து அதை இறக்கிக் கொடுத்தது. பரண் காலியாக இருந்திருந்தால் தச்சர் என்ன செய்திருப்பார்? அவர் காட்டிய வழியில் மற்றவர்களும் இறங்குவதற்கு, 1979 முதல் காற்றாலைச் செலவில் 30 சதவீதத்தை அரசு மானியமாகக் கொடுத்தது.

ஆகவே முட்டுக் கொடுப்பது பற்றிய உங்கள் கேள்விக்கு என் பதில் இப்படி இருக்கும். நொடித்த நிறுவனத்தின் பங்குதாரரைக் காப்பாற்ற வேண்டுமா என்றால், பெரும்பாலும் வேண்டாம். அதில் உங்களோடு நிற்கிறேன். ரயில் பங்கு வாங்கியவர் நட்டப்பட்டாலும் தண்டவாளம் எங்கும் போகவில்லை. ஆனால் ‘சாயட்டும், கன்று முளைக்கும்’ என்று எல்லாவற்றையும் ஒரே கோடாரிக்குக் கொடுக்கச் சொல்வதில் எனக்குச் சம்மதமில்லை. மரம் சாயும்போது கன்றின் மேலும்தான் விழும். ஆய்வகச் சம்பளம், பட்டம் வாங்கி வெளியே வரும் பிள்ளைகளுக்கு முதல் வேலை, காப்புரிமைக் கட்டணம் போன்ற சில்லறைச் செலவுகள், இவற்றைப் பிடித்து நிறுத்த ஆகும் பணம் ஒரு வங்கியைத் தூக்கி நிறுத்துவதோடு ஒப்பிட்டால் ஒன்றுமேயில்லை. விட்டிலுக்குத் தேவைப்பட்டது ஐந்து பவுண்டு. அவராவது விமானப்படைச் சம்பளக்காரர். நண்பர்கள் இருந்தார்கள், பெயர் நமக்குத் தெரிகிறது. அந்த 1935 ஜனவரியில் புதுப்பிக்கப்படாமல் போன மற்றக் காப்புரிமைகளை யாராவது உட்கார்ந்து படித்திருக்கிறார்களா என்று தெரிந்துகொள்ள ஆசை. உங்கள் துறையில் அப்படிப்பட்ட ஆட்கள் இருந்தால் சொல்லுங்கள்.